காவல் துப்பாக்கியும் கெடு நாளும்

கீழப்பாவூர்க் குளத்தங்கரையில் நின்று மேற்கே நோக்குகிறவனுக்குக் குற்றால மலைத்தொடர் நீல மதிலைப்போல் தோன்றும். அம்மதிலின் அடிவாரத்துக் கிராமங்களில், விளைந்த பயிரைக் காட்டுப்பன்றி உழுது போடாதிருக்கும்பொருட்டு இரவெல்லாம் பரணேறி விழித்திருப்பது தலைமுறை தலைமுறையாக வந்த வேலை. பரணில் ஒரு லாந்தரும், தட்டி ஒலியெழுப்பத் தகர டப்பாவும் இருக்கும். சற்று வசதியுள்ளவராயின் நாட்டுத் துப்பாக்கியொன்றும் இருக்கும். குழாயின் வாய்வழியே கருமருந்தைக் கொட்டி, நாரைத் திணித்து, இருப்புக் கம்பியால் இடித்து, ரவையைப் போட்டு, மறுபடியும் நார் வைத்துக் கெட்டித்த பின்னரே அதைக் கொண்டு ஒருமுறை சுடலாம். அடுத்த வெடிக்குக் கெட்டிப்பதற்குள் பன்றி பக்கத்து வயலைத் தாண்டியிருக்கும். இத்தகைய எளிய கருவிக்கும் சர்க்காரின் லைசென்சு வேண்டும் என்ற நிலை எவ்வாறு வந்தது என்பது இந்தச் சீமையின் சரித்திரத்தோடு பின்னிக் கிடக்கிறது.

ஆயுதம் தரிப்பது இங்கே ஒரு காலத்தில் கேட்டுப் பெறும் அநுமதியாக இல்லை. காவற்காரனின் கடமையாகவே இருந்தது. ஸ்தல காவல், தேச காவல் என்னும் பெயர்களால் ஊர்களைக் காத்து, அதற்குரிய வரும்படியைப் பெற்றுவந்த முறைமையின் மீதே ஊற்றுமலை, சொக்கம்பட்டி, நெற்கட்டும்செவல் முதலிய பாளையங்கள் நின்றன. 1799 அக்டோபர் 16-இல் கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்ட மேஜர் பானர்மன், பாளையக்காரரின் கோட்டைகளை இடிக்கவும் ஆயுதங்களை ஒப்படைக்கவும் கட்டளையிட்டான். பின்னும் மூண்ட போர் அடக்கப்பட்டதும், 1801 டிசம்பர் 1-இல் சென்னைக் கவர்னர் எட்வர்டு கிளைவ் வெளியிட்ட பிரகடனம், பாளையக்காரரும் அவரைச் சார்ந்தோரும் ஆயுதம் வைத்திருப்பதை அறவே விலக்கியது. திரித் துப்பாக்கியும் வல்லயமும் வீட்டுக்கு வீடு இருந்த தேசத்தில் அவற்றை மறைத்து வைப்பதே பெருங்குற்றமாயிற்று.

லிட்டன் பிரபு 1878-இல் கொண்டுவந்த ஆயுதச் சட்டம், ஐரோப்பியருக்கு விலக்களித்துவிட்டு, சுதேசிகளை மட்டும் லைசென்சுக்காகக் கச்சேரி வாசலில் நிறுத்தியது. நிராயுதபாணியாக்கப்பட்ட ஜனங்களின் மனம் எவ்வளவு புண்பட்டது என்பதற்குக் காந்தியடிகள் அச்சட்டத்தைக் கடிந்து எழுதியதே சான்று. திருநெல்வேலிக் கலெக்டர் பதவி வகித்த ஆஷ் 1911 ஜூன் 17-இல் மணியாச்சியில், அந்நாளில் திருவிதாங்கூரைச் சேர்ந்திருந்த செங்கோட்டையின் வாஞ்சிநாதனால் சுடப்பட்டது, அச்சட்டம் நடப்பிலிருந்த காலத்தில்தான்.

சுதந்திர இந்தியாவின் 1959-ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம் 1962 அக்டோபர் 1 முதல் அமலுக்கு வந்தபோது, பயிர்க் காவலுக்கென வாய்வழி கெட்டிக்கும் துப்பாக்கி கேட்கும் குடியானவனுக்கும் அதில் இடமளிக்கப்பட்டது. முன்பு மூன்று ஆண்டுக்கும், 2019-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் ஐந்து ஆண்டுக்கும் ஒருமுறை லைசென்சைப் புதுப்பிக்க வேண்டும். புதுப்பிக்க மறுத்தால் காரணத்தை எழுத்தில் பதிய வேண்டியது அதிகாரியின் பொறுப்பு. ஆனால் அக்காரணத்தை மனுதாரர் கேட்டால்தான் தருவார். பொதுநலனுக்கு உகந்ததன்று என்று கருதினால் கேட்டாலும் தரமாட்டார். முப்பது நாளுக்குள் மேல்முறையீடு செய்துகொள்ளலாம்.

தென்காசி 2019 நவம்பர் 22-இல் தனி ஜில்லாவாகும்வரை, இப்பகுதியார் கலெக்டர் ஆபீஸ் காரியத்துக்குத் திருநெல்வேலியிலுள்ள கொக்கிரகுளம் போக வேண்டியிருந்தது. நடவும் அறுப்பும் கைந்நிறைந்த காலத்தில் ஆணை வந்து சேர்ந்தால், அதைப் படித்துச் சொல்ல ஆள் தேடி, காரணம் கேட்டு மனு எழுதி, வக்கீலைக் கண்டு திரும்புவதற்குள் கெடு கடந்து போவது இயல்பே. அதை அசட்டையென்று கொள்வது பெரும் பிசகு. சட்டத்தை வகுத்தோர் இதை உணர்ந்தே இருந்தனர். பதினெட்டாம் பிரிவில், போதிய காரணம் உண்டென்று மேலதிகாரியைத் திருப்திப்படுத்தினால் கெடு கடந்த முறையீட்டையும் ஏற்கலாம் என்று எழுதிவைத்தனர். முறையிட்டவருக்குத் தம் பக்கத்தைச் சொல்ல நியாயமான வாய்ப்பளிக்க வேண்டும் என்பதும் அதே பிரிவில் இருக்கிறது. அப்பிரிவிலேயே மிகுந்த கருணையோடு எழுதப்பட்டவை இவ்விரண்டும்தான் என்று நான் கருதுகிறேன்.

எனினும் மேலதிகாரி வேறுவிதமாக உத்தரவிட்டாலன்றி, முறையீடு முடியுமட்டும் மறுப்பாணையே நடப்பில் இருக்கும். லைசென்சு இழந்த துப்பாக்கியைப் போலீஸ் ஸ்டேஷனிலோ லைசென்சு பெற்ற வியாபாரியிடமோ ஒப்படைத்தாக வேண்டும். குறித்த காலத்துள் மீட்கப்படாமலோ விற்கப்படாமலோ போனால் அது சர்க்காருக்குச் சேர்ந்துவிடும். பாட்டன் கெட்டித்த அந்தக் குழாய் சீட்டுக் கட்டப்பட்டுச் சுவரில் சாய்ந்திருக்க, பேரன் தகர டப்பாவோடு பரணேறுகிறான்.