மாமாங்கத்துச் சிறுவன்

"அவரைப் பார்த்து ஒரு மாமாங்கம் ஆயிற்று" என்று நாம் அன்றாடப் பேச்சில் சொல்வதுண்டு. மாமாங்கம் என்றால் பன்னிரண்டு ஆண்டு. கும்பகோணத்து மகாமகத்தை எண்ணியே நம்மில் பலர் இச்சொல்லைப் பொருள் கொள்கிறோம். ஆனால் இதே பெயரில் மற்றொரு பன்னீராண்டு விழா மலைக்கு அப்பால் நடந்தது. அதில் புனித நீராடலோடு குருதியாட்டும் சேர்ந்திருந்தது. பாரதப்புழையின் வடகரையில் ஆழ்வார்கள் பாடிய திருநாவாய்த் தலத்தில், ஏறத்தாழ ஒரு மாத காலம் நடைபெற்ற அவ்விழாவையே மலையாளிகள் மாமாங்கம் என அழைத்தனர். இன்று மலையாளத் திரைப்படங்களில் குடும்பத்தின் இழப்பும், அதற்கு ஈடாகக் குருதியும் என்னும் கதை மீண்டும் மீண்டும் வருவதைக் காணும்போது, அக்கதையின் பழைய வேரைத் தேடி நான் திருநாவாய்க்கே சென்று சேர்ந்தேன்.

விழாவின் தலைமை தொடக்கத்தில் சேரமான் பெருமாள்களுக்கு உரியதாக இருந்தது என்பது மரபு. பின்னர் அது வள்ளுவநாட்டு மன்னரான வள்ளுவக்கோனாதிரிக்கு வந்தது. கோழிக்கோட்டுச் சாமூதிரி தம் படைவலிமையால் அவ்வுரிமையைப் பறித்துக்கொண்டார். வள்ளுவநாட்டுக்குப் பெரும்படை கிடையாது. நேருக்கு நேர் நின்று வெல்ல வழியும் கிடையாது. எனவே ஒவ்வொரு மாமாங்கத்துக்கும் அந்நாட்டிலிருந்து வீரர் சிலர் புறப்பட்டனர். சாமூதிரி வாளேந்தி நிற்கும் நிலபாட்டுத் தறையை நோக்கி, ஆயிரக்கணக்கான காவலரைக் கிழித்துக்கொண்டு பாய்வதே அவர்கள் கடமை. திரும்பி வருவது கடமையில் சேராது. சாவேர் என்று அவர்களுக்குப் பெயர். புதுமனை, சந்திரோத்து முதலிய நான்கு பணிக்கர் வீடுகள் இவ்வீரரைத் தலைமுறை தலைமுறையாகத் தந்தன. அங்காடிப்புரத்துத் திருமாந்தாங்குன்று அம்மன் கோயிலிலிருந்து அவர்கள் புறப்பட்டனர். அங்கே சாவேர்த்தறை இன்றும் இருக்கிறது.

செஞ்சோற்றுக் கடன் என்று தமிழில் நாம் சொல்லும் ஒன்று இதில் உண்டு. "உப்பிட்டவரை உள்ளளவும் நினை" என்னும் பழமொழியை உப்பளக் கரையில் வாழும் மரக்காணத்தாருக்கு விளக்க வேண்டியதில்லை. ஆயினும் அரசன் இட்ட உப்பு மட்டும் ஒருவனை இவ்வளவு தூரம் செலுத்துமா என்பது ஐயமே. மலையாளத்தில் 'குடிப்பக' என்றொரு சொல் உண்டு. ஒரு குடி மற்றொரு குடிமேல் வைத்திருக்கும் பகை என்பது அதன் பொருள். தந்தை விழுந்த இடத்தில் மாமன் விழுந்தான். மாமன் விழுந்த இடத்துக்கு மருமகன் போகிறான். அரசியல் உரிமைக்கான சண்டை வீட்டுக்குள் நுழைந்து இழவாகிவிட்டது. இழவு கடனாகிவிட்டது.

அலெக்சாண்டர் ஹாமில்டன் என்னும் ஸ்காத்லாந்து மாலுமி 1727இல் வெளியிட்ட தம் பயண நூலில் 1695ஆம் ஆண்டு மாமாங்கத்தைக் குறித்து எழுதியிருக்கிறார். தாம் நேரில் கண்டதாக அவர் சொல்லவில்லை. கடலோரமாகக் கப்பலில் சென்றபோது இரண்டு மூன்று நாள் வெடி முழக்கம் கேட்டதாகச் சொல்கிறார். மற்றவை பிறரிடம் கேட்டறிந்தவையாக இருக்க வேண்டும். அவ்வாண்டு மூவர் மட்டுமே பாய்ந்தனராம். பலரை வீழ்த்திவிட்டு அவர்களும் வீழ்ந்தனர். அம்மூவரில் ஒருவனுக்குப் பதினைந்து அல்லது பதினாறு வயதில் ஒரு மருமகன் இருந்தான். மாமனை ஒட்டியே வந்த அச்சிறுவன், மாமன் விழுந்ததைக் கண்டதும் காவலரைக் கடந்து சாமூதிரியின் கூடாரத்துக்குள்ளேயே புகுந்துவிட்டான். மன்னரின் தலையைக் குறிவைத்து வாளை ஓங்கினான். மேலே எரிந்துகொண்டிருந்த பெரிய பித்தளை விளக்கு குறுக்கே பட்டு அவ்வீச்சைக் கெடுத்தது. மறுமுறை ஓங்குமுன் காவலர் அவனைக் கொன்றுவிட்டனர்.

இக்குறிப்பு ஐரோப்பிய அறிஞரிடையே பெரும் புகழ் பெற்றது. 'பொற்கிளை' என்னும் நூலை எழுதிய பிரேசர், பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை மன்னனைக் கொல்லும் பண்டை வழக்கத்தின் எச்சம் இதுவென வாதிட்டார். மலபார் கலெக்டராயிருந்த வில்லியம் லோகன் 1887இல் வெளியான தம் 'மலபார் மானுவல்' நூலில் 1683ஆம் ஆண்டு விழாவை விரிவாக விளக்கினார். எல்லாரும் மன்னனைப் பற்றியே எழுதினர். என் மனம் அந்தச் சிறுவனிடமே நிற்கிறது. பதினைந்து வயதில் ஒருவன் தானாகவே சாவேர் ஆவதில்லை. அவனை யாரோ ஆக்குகிறார்கள்.

எவ்வாறு ஆக்குகிறார்கள் என்பதை வடக்கன் பாட்டுகள் காட்டுகின்றன. கடத்தநாட்டுப் புத்தூரம் வீட்டு ஆரோமல் சேகவர் அங்கத்தில் வென்றும், உடன் சென்ற சந்துவின் வஞ்சகத்தால் உயிரிழக்கிறார். காயத்தோடு களைத்துக் கிடந்தவரைச் சந்து குத்துவிளக்கால் குத்தினான் என்பது பாட்டு. (திருநாவாயில் ஒரு விளக்கு உயிரைக் காத்தது, இங்கே ஒரு விளக்கு உயிரைக் குடித்தது.) ஆரோமலின் தங்கை உண்ணியார்ச்சை தன் மகனுக்கு அவன் மாமனின் பெயரையே ஒட்டி ஆரோமலுண்ணி எனப் பெயரிடுகிறாள். அவனுக்கு வாள் பயிற்றுவிக்கப்படுகிறது, கதையும் சொல்லப்படுகிறது. வளர்ந்ததும் அவன் சென்று சந்துவின் தலையைக் கொய்கிறான். வாளைவிடக் கதையே கூரிய படைக்கலம் என்று எனக்குத் தோன்றுகிறது. வாள் துருப்பிடிக்கும், கதைக்கு அந்தத் துன்பமில்லை.

இப்பாட்டுகளைத் திரைக்குக் கொணர்ந்தவருள் முன் நின்றோர் ஆலப்புழையைச் சேர்ந்த இரு கத்தோலிக்கச் சகோதரர்கள் என்பது நம் வாசகர் பலருக்குப் புதிய செய்தியாயிருக்கலாம். உதயா ஸ்டுடியோவைத் தொடங்கிய குஞ்சாக்கோ 1961இல் 'உண்ணியார்ச்சை'யை எடுத்தார். அவருடைய தம்பி நவோதயா அப்பச்சன் 1979இல் 'மாமாங்கம்' என்ற பெயரிலேயே ஒரு படம் எடுத்தார். பிரேம் நசீர் அதில் நடித்தார். பாட்டையும் வீரத்தையும் அழகிய உடையையும் மக்கள் கண்டு களித்தனர். பகை சரியா என்ற கேள்வியை அப்படங்கள் பெரிதாக எழுப்பவில்லை.

அக்கேள்வி எழ 1989 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. எம்.டி. வாசுதேவன் நாயர் எழுத, ஹரிஹரன் இயக்க, மம்மூட்டி சந்துவாக நடித்த 'ஒரு வடக்கன் வீரகாதை' அவ்வாண்டில் வெளிவந்தது. எம்.டி. செய்தது பார்வைக்கு எளியது: தலைமுறை தலைமுறையாக வஞ்சகன் எனப்பட்டவனைப் பேச விட்டார். ஆரோமலுண்ணியும் கண்ணப்பனுண்ணியும் சந்துவின் வாயிலில் வந்து அங்கத்துக்கு அழைக்கிறார்கள். சந்து முதுமையின் விளிம்பில் நிற்கிறான். அந்தச் சிறுவரின் கையிலிருப்பது அன்னையும் ஊரும் தந்த கதை. சந்துவின் நெஞ்சிலிருப்பது வேறு கதை. அவன் பிள்ளைகளைக் கொல்ல மனமின்றித் தன் உயிரைத் தானே முடித்துக்கொள்கிறான். தற்கொலையை ஏற்க இயலாத நம் சமயநெறி அம்முடிவில் தயங்கி நிற்கும், அது வேறு. படம் எழுப்பிய வினா நம் முன் இருக்கிறது. நீ பழிவாங்க வந்திருக்கிறாய். உனக்குச் சொல்லப்பட்டது உண்மைதானா என்று நீ கேட்டாயா?

மூன்று ஆண்டுகள் கழித்து, 1992இல், மலையாள இயக்குநர் பரதன் தமிழில் 'தேவர் மகன்' எடுத்தார். இரண்டு பங்காளி வீடுகளின் பகை நம் மண்ணில் எவ்வாறு ஓர் ஊரையே வேகவைக்கிறது என்பதை அப்படம் சொன்னது. பழி தீர்ந்த கணத்தில் அதன் நாயகன் வெற்றி கொண்டாடவில்லை. கைவிலங்கோடு சிறைக்குப் போகிறான். இதைத் திரையரங்கில் பார்த்த நம்மவர் எத்தனை பேர் அக்காட்சியை நினைவில் வைத்தனர், எத்தனை பேர் மீசையை மட்டும் நினைவில் வைத்தனர் என்பதை அவரவர் ஊரைப் பார்த்துச் சொல்லிவிடலாம்.

குடிப்பகை கேரளத்துக்கோ தமிழகத்துக்கோ மட்டும் உரியதன்று. விவிலியம் அதை நன்கு அறியும். இஸ்ரயேலரிடையே கொலையுண்டவனின் நெருங்கிய உறவினனுக்கு 'கோயேல்' என்று பெயர். இரத்தப்பழி வாங்குதல் அவன் கடமை. அக்கடமையைச் சட்டம் ஒரே நாளில் ஒழித்துவிடவில்லை. மாறாக, எண்ணிக்கை நூலின் 35ஆம் அதிகாரம் யோர்தானுக்கு இப்பால் மூன்றும் அப்பால் மூன்றுமாக ஆறு அடைக்கல நகர்களை ஏற்படுத்துகிறது. அறியாமல் கொலை செய்தவன் அங்கே ஓடி உயிர் பிழைக்கலாம். சபை அவனை விசாரிக்கும். இணைச்சட்ட நூல் இன்னும் ஒரு படி இறங்கி, அந்நகர்களுக்குச் செல்லும் சாலைகளைச் செப்பனிட்டு வைக்கச் சொல்கிறது. குருமடத்தில் படித்த நாளில் சட்ட நூல்களின் வறண்ட பகுதி என்று நாங்கள் விரைந்து கடந்த இடம் இது. இப்போது படித்தால் அந்தச் சாலைகளே கண்ணில் நிற்கின்றன. பகைவன் ஓடுவதற்கு வழி செய்து வைக்கும் பொறுப்பு ஊருக்கு இருக்கிறது! மேலும் அதே கோயேல்தான் கடனில் மூழ்கிய உறவினனின் நிலத்தை மீட்பவன். அடிமையாய் விற்கப்பட்டவனை விடுவிப்பவன். ரூத்தை மணந்த போவாசு அத்தகைய கோயேல். யோபு தம் மீட்பர் வாழ்கிறார் என்று சொல்லுமிடத்திலும் அதே சொல்தான் நிற்கிறது. உறவினனுக்காக எழுந்து நிற்பவன் கையில் வாளும் இருக்கலாம், மீட்புப் பணமும் இருக்கலாம். எதை எடுப்பது என்பதே கேள்வி.

மீண்டும் திரைக்கு வருவோம். 2019 டிசம்பரில் எம். பத்மகுமார் இயக்கத்தில் புதிய 'மாமாங்கம்' வெளிவந்தது, தமிழிலும் மொழிமாற்றப்பட்டது. ஹாமில்டன் பெயரின்றி விட்ட சிறுவன் அதில் சந்திரோத்துச் சந்துண்ணி ஆகிறான். முன்பொரு மாமாங்கத்தில் உயிரோடு தப்பியதால் கோழை என இகழப்பட்டு, பெயர் மறைத்து வாழும் பெரிய பணிக்கராக மம்மூட்டி நடித்தார். சாகாமல் திரும்பியவனை ஊர் எவ்வாறு தண்டிக்கும் என்னும் இந்தக் கூறே படத்தின் உயிர். ஆனால் சண்டைக் காட்சிகளின் ஆரவாரத்தில் அது அமுங்கிவிட்டது என்பது என் எண்ணம்.

அப்படத்தில் சந்திரோத்துப் பணிக்கராக நடித்த உன்னி முகுந்தனே ஐந்து ஆண்டு கழித்து, ஹனீஃப் அதேனி இயக்கிய 'மார்க்கோ'வில் நாயகனானார். தங்க வணிகம் செய்யும் கிறிஸ்தவக் குடும்பம். பார்வையற்ற தம்பி விக்டர் கொல்லப்படுகிறான். வளர்ப்பு மகனாய் அக்குடும்பத்தில் சேர்ந்த மார்க்கோ பழிவாங்கப் புறப்படுகிறான். பெயர்கள் நம் திருமுழுக்குப் பதிவேட்டில் காணப்படும் பெயர்களே. படம் 2024 டிசம்பர் 20இல், கிறிஸ்துமஸ் வெளியீடாக வந்தது. ஐந்தாம் நாள், பிறப்புவிழா அன்று, எம்.டி. மறைந்தார். சந்துவைப் பேச விட்டவர் போய்விட்டார். மார்க்கோ அரங்குகளை நிறைத்துக்கொண்டிருந்தான்.

வயது வந்தோர்க்கு மட்டும் என்னும் சான்றிதழோடு வந்த அப்படத்தின் கொடுமைக் காட்சிகள் குழந்தைகளையும் விட்டுவைக்கவில்லை. தொலைக்காட்சியில் காட்ட 2025இல் தணிக்கை வாரியம் இசைவு மறுத்தது. ஆனால் அதற்கு முன்பே அது இணையத் திரைக்கு வந்துவிட்டது. தமிழ்ப் பேச்சோடும் வந்துவிட்டது. எந்த வாரியம் மறுத்தால் என்ன, கைப்பேசி வைத்திருக்கும் பதினைந்து வயதுப் பிள்ளைக்கு அது எட்டாத பொருளன்று. குருதி மிகுதி என்பதைவிட எனக்கு உறுத்துவது வேறொன்று. சாவேருக்குத் திரும்பி வரும் வழி இல்லை. சந்துவுக்கு மனச்சான்று இருந்தது. தேவர் மகனுக்குச் சிறை இருந்தது. இப்படத்தில் பழிக்கு விலை உண்டு, துயரமும் உண்டு. ஆனால் பழிவாங்குபவன் ஒருகணமும் தன் கதையை ஐயுறுவதில்லை. பார்ப்பவனும் ஐயுறும்படி விடப்படுவதில்லை.

திரைப்படம் பார்த்துத்தான் ஊர்கள் எரிகின்றன என்று சொல்லுமளவுக்கு நான் எளிய மனத்தினன் அல்லன். 1695இல் திரை இல்லை. மரக்காணத்தில் 2013 ஏப்ரல் 25 அன்று நிகழ்ந்த சாதி மோதலில் கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டி வீடுகள் எரிந்தன, வாகனங்கள் எரிந்தன, பின் வழக்குகள் எழுந்தன. அதற்கும் எந்தப் படமும் காரணமன்று. ஆனால் எண்ணிப் பாருங்கள், அதன்பின் ஒரு மாமாங்கம் கடந்துவிட்டது. அன்று இரண்டாம் மூன்றாம் வகுப்பில் இருந்த பிள்ளைகள் இன்று உப்பளத்திலும் கடலிலும் கல்லூரியிலும் இருக்கும் இளைஞர்கள். நெருப்பை அவர்களில் பலர் கண்டதில்லை. அதைப் பற்றிய கதையைக் கேட்டிருக்கிறார்கள். ஒரு தெருவில் கேட்ட கதை மற்றொரு தெருவில் கேட்டதோடு பொருந்துவதில்லை. யார் முதலில் கல்லெறிந்தார் என்னும் இடத்திலேயே இரண்டும் பிரிந்துவிடுகின்றன. வீட்டில் பெரியோர் அதை எந்தக் குரலில், எதை விட்டு எதைச் சேர்த்துச் சொல்கிறார்கள் என்பதை வெளியார் அறிய முடியாது. உண்ணியார்ச்சை தன் மகனுக்குச் சொன்னதையும் எவரும் அருகிருந்து கேட்டதில்லை.

1766இல் ஐதர் அலி மலபாரைக் கைக்கொண்ட பின் திருநாவாயில் பழைய முறைப்படி மாமாங்கம் நடைபெறவில்லை. சாமூதிரி நின்ற நிலபாட்டுத் தறை, பாசல் மிஷனார் கொடக்கல்லில் அமைத்த ஓட்டுத் தொழிற்சாலையின் வளாகத்துக்குள் நெடுங்காலம் கிடந்தது. அருகே மணிக்கிணறு என்றொரு கிணறு உண்டு. வீழ்ந்த சாவேரின் உடல்களை யானைகளைக் கொண்டு அதில் தள்ளினர் என்று அவ்வூரார் சொல்வர். விளக்கு பித்தளையால் ஆனது என்பதைக் குறித்து வைத்த ஹாமில்டன், அந்தச் சிறுவனின் பெயரைக் கேட்டறியவில்லை.