கோடரி காத்த கானகம்

பழந்தமிழர், கோட்டைக்கு அரணாக அமைந்த காட்டைக் காவற்காடு என்றனர். ஆங்கிலத்தின் ‘ஃபாரஸ்ட்’ என்னும் சொல்லும் முதலில் ஒருவகைக் காவலையே குறித்தது. மரம் அடர்ந்த இடம் என்பது அதன் பிற்காலப் பொருள். மன்னன் வேட்டையாடும் மான்களுக்காகத் தனிச்சட்டத்தால் காக்கப்பெற்ற நிலம் என்பதே முற்காலப் பொருளாகும். புல்வெளியும் சதுப்பும் ஊரும்கூட அதனுள் அடங்கின. இலண்டனின் வடகிழக்கே மேனர்பார்க் தொடங்கி எப்பிங் நகர்வரை ஏறத்தாழ 19 கிலோமீட்டர் நீண்டு கிடக்கும் எப்பிங் காடு, 12ஆம் நூற்றாண்டிலேயே இவ்வகையில் மன்னர் காடாகிவிட்டது. 1543இல் எட்டாம் ஹென்றிக்கெனச் சிங்ஃபோர்டில் எழுப்பிய வேட்டை மாடம் இன்றும் நிற்கிறது.

காடோ அதனினும் பழையது. சதுப்புப் படிவில் புதைந்த மகரந்தத் துகள்களை ஆராய்ந்தோர், ஆங்கிலோ-சாக்சன் காலத்துக்கு முன் இங்கே சிற்றிலை லிண்டன் மரமே ஓங்கியிருந்தது என்றும், பின்னரே பீச்சும் பிர்ச்சும் மிகுந்தன என்றும் கண்டனர். இரும்புக் காலத்து மண்கோட்டைகள் இரண்டும் இதனுள் உள்ளன. ஆகவே, மனிதக் கை படாத கன்னிக்காடு என்று இதனைப் புகழ்தல் பொருந்தாது. கை பட்டதனாலேயே இவ்வடிவு பெற்ற காடு இது.

மான் மன்னனுடையது, மண் பண்ணையதிபருடையது, புல்லும் கிளையும் ஊராருடையவை. உழவர் தம் மாடுகளைக் காடெங்கும் மேயவிட்டனர். லௌட்டன் ஊரார் குளிர்கால விறகுக்காக நவம்பர் 11 நள்ளிரவு தொடங்கி ஏப்ரல் 23 வரை கிளை கழித்தனர். மாடும் மானும் தளிரை எட்டாத உயரத்தில் மரத்தின் தலையை வெட்டிவிட, வெட்டுவாயிலிருந்து புதுக்கொம்புகள் கிளைக்கும். சில ஆண்டுகளில் அவை பருத்ததும் மீண்டும் கழிப்பர். தமிழகத்துச் சிற்றூர்களில் பூவரசைக் கழிப்பது போன்றதே இதுவும். இவ்வாறு தலைமுறை தலைமுறையாகக் கழிக்கப்பட்ட பீச், ஓக், ஹார்ன்பீம் மரங்கள் அடி பருத்து, முடிச்சேறி, உட்பொந்து கொண்டன. தலைப்பாரம் குறைந்தமையால் காற்றுக்குச் சாயாமல், வெட்டுப்படாத மரங்களினும் நெடிது வாழ்ந்தன.

இக்காட்டில் நான்காண்டு வாழ்ந்த கவிஞர் ஒருவரை ஈண்டு நினைத்தல் தகும். வேலியடைப்பின் கொடுமையை ஜான் கிளேரைப்போல் நெஞ்சில் தைக்கப் பாடிய ஆங்கிலக் கவிஞர் அரியர். அவர் பிறந்த ஹெல்ப்ஸ்டன் ஊரின் பொதுநிலம் 1809ஆம் ஆண்டுச் சட்டத்தால் வேலிக்குள் அடங்கியது. மனம் குலைந்த அவர், 1837 முதல் 1841 வரை எப்பிங் காட்டின் ஹை பீச் பகுதியில் மேத்யூ ஆலன் என்னும் மருத்துவர் நடத்திய மனநல இல்லத்தில் இருந்தார். காட்டில் உலவ அவருக்குத் தடையில்லை. (அம்மருத்துவரின் மரச்செதுக்குப் பொறித் தொழிலில் முதலிட்டுப் பொருளிழந்தவர் டென்னிசன் என்பது தனிக்கதை.) 1841 ஜூலையில் அங்கிருந்து வெளியேறிய கிளேர், வழியில் புல்லைத் தின்று பசியாறி, ஏறத்தாழ 80 மைல் நடந்து வீடு சேர்ந்தார். அவர் நீங்கிய காட்டையும் விரைவில் வேலி நெருங்கியது.

1851இல் அண்டையிலிருந்த ஹைனால்ட் காடு நாடாளுமன்றச் சட்டம் ஒன்றால் காடு என்னும் நிலையை இழந்தது. அதன் மரங்கள் மிகக் குறுகிய காலத்தில் வேரோடு பெயர்க்கப்பட்டன, காடு கழனியாயிற்று. எப்பிங்கிலும் பண்ணையதிபர்கள் துணிவு கொண்டனர். 1860களில் லௌட்டனின் பண்ணையதிபரும் ஊர்க் குருவுமாகிய மெய்ட்லண்ட் ஆயிரம் ஏக்கருக்கு மேல் வேலியிட்டார்.

நவம்பர் 11 நள்ளிரவில் கிளை வெட்டத் தவறினால் உரிமையே அற்றுப்போகும் என்பது ஊரார் நம்பிக்கை. அதனை அறிந்த பண்ணையதிபர் தரப்பு அவ்விரவு விருந்தும் மதுவும் தந்து மயக்க முயன்றதாகவும், தாமஸ் வில்லிங்கேல் என்னும் முதியவர் மெல்ல எழுந்து சென்று ஒரு கிளையோடு திரும்பியதாகவும் கதையுண்டு. கதை எவ்வாறாயினும், வேலிக்குள் புகுந்து கிளை கழித்ததற்காக 1866இல் அவர் குடும்பத்தினர் மூவர் சிறை சென்றது வரலாறு. 1865இல் தோன்றிய பொதுநிலப் பாதுகாப்புக் கழகத்தின் துணையோடு அவர் தொடுத்த வழக்கு, 1870இல் அவர் இறந்ததும் நின்றுபோயிற்று.

பின்னர்க் கைகொடுத்தது ஓர் இடுகாடு. இலண்டன் மாநகராண்மை 1850களில் வான்ஸ்டெட் அருகே இடுகாட்டுக்கென நிலம் வாங்கியிருந்தது. அந்நிலத்தோடு காடெங்கும் மாடு மேய்க்கும் உரிமையும் ஒட்டிவந்தது. அவ்வுரிமையைக் காட்டி 1871இல் பண்ணையதிபர்கள்மீது வழக்கிட்டனர். அவ்வாண்டு ஜூலையில், இன்று தமிழ்க் குடும்பங்கள் பலவும் வாழும் ஈஸ்ட்ஹாம் பகுதிக்கு அண்மையிலுள்ள வான்ஸ்டெட் வெளியில், திரண்ட மக்கள் வேலிகளைப் பெயர்த்தெறிந்தனர். 1874இல் நீதிபதி ஜெசல் வேலிகள் சட்டத்துக்கு மாறானவை எனத் தீர்ப்பளித்தார். 1878இல் எப்பிங் காட்டுச் சட்டம் பிறந்தது. 1882 மே 6இல் விக்டோரியா அரசி ஹை பீச்சுக்கு வந்து காட்டை மக்களுக்கு உரியதாக்கினார்.

ஆனால் காட்டின் இயற்கைத் தோற்றத்தைக் காக்க வேண்டும் என்று விதித்த அச்சட்டம், கிளை கழிக்கும் உரிமையை ஒழித்துவிட்டது! 1879 நவம்பர் 11 நள்ளிரவில் ஆயிரக்கணக்கானோர் தீப்பந்தம் ஏந்திச் சென்று இறுதியாகக் கிளை வெட்டினர். ஊராருக்கு ஈடாக 7,000 பவுன் கிடைத்தது. அப்பணத்தைக் கொண்டு எழுந்ததே 1884இல் திறக்கப்பட்ட லாப்பிங் மண்டபம். எந்த உரிமைக்காகச் சிறை சென்றனரோ, அதன் பெயர் ஒரு கட்டடத்தில் நின்றது.

அக்காட்டருகே பிறந்து வளர்ந்த கவிஞர் வில்லியம் மாரிஸ், 1895இல் அங்கு மரங்கள் வெட்டிக் களையப்படுவதைக் கண்டித்து நாளிதழுக்கு எழுதினார். தலை கழிக்கப்பட்ட ஹார்ன்பீம்களே எப்பிங்கின் தனித்தன்மை என்பதும், அதனைப் பூங்காவாக்கலாகாது என்பதும் அவர் வாதம். அழகுணர்ச்சியால் அவர் கண்டது பின்னர் அறிவியலாலும் உறுதிப்பட்டது. இங்குள்ள 50,000க்கும் மேற்பட்ட பழமரங்களின் பொந்துகளும் மட்கிய உள்மரமுமே அரிய பாசிகளுக்கும் காளான்களுக்கும், கலைமான் கொம்புபோல் தாடை நீண்ட வண்டுக்கும் உறைவிடம். கழிப்பது நின்றபின் கிளைகள் ஒவ்வொன்றும் அடிமரமளவு பருத்தன. பாரம் தாங்காது பல மரங்கள் பிளந்தன. கவிகை மூடிக்கொள்ள, ஒளியின்றித் தரைச்செடிகள் மறைந்தன. மேய்ச்சல் குறைந்த இடங்களில் புற்புதர் வெளிகளைப் பிர்ச் நிறைத்தது. 1996இல் மாட்டு நோய் அச்சத்தால் எஞ்சிய மேய்ச்சலும் நின்றது. சாலை ஊர்திகளின் புகை வேறு பாசியையும் வேரையும் நலிவித்து வருகிறது.

2000களின் தொடக்கத்தில் நீள்கொம்பு மாடுகளைக் காட்டுக்குள் மீண்டும் மேயவிட்டனர். கிளை கழித்தலும் தொடங்கியுள்ளது. நூறாண்டுக்குப்பின் வெட்டினாலும் ஹார்ன்பீம் பெரும்பாலும் தளிர்க்கிறது. முதிய பீச்சோ ஒரேயடியாகத் தலையிழந்தால் பட்டுவிடுகிறது; அதனால் அதன் கிளைகளைச் சில ஆண்டுகள் இடைவிட்டுச் சிறிது சிறிதாகவே குறைக்கின்றனர்.