பாகற்கொடியும் பதுளைத் தோட்டங்களும்

வெளிநாடுகளில் வாழும் அன்பர்கள் எனக்கு அடிக்கடி எழுதிக் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. பாகற்காய்ச் சாறு குடித்தால் நீரிழிவு தீருமா என்பது அது. தீராது என்று ஒரே சொல்லில் பதில் எழுதிவிடலாம். அப்படித்தான் சிலருக்கு எழுதியும் இருக்கிறேன். ஆயினும் அந்த ஒரு சொல்லுக்குப் பின்னால் பதுளை மாவட்டத் தோட்டங்களின் பழங்கதை ஒன்றும், நான் செய்த பிழை ஒன்றும் இருக்கின்றன. இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டியிருக்கிறது.

பாகல் வெயிலை விரும்பும் கொடி. ஊவா மாகாணத்தில் எல்லாத் தோட்டங்களிலும் அது ஒன்றுபோல் வளர்வதில்லை. பண்டாரவளை, அப்புத்தளைப் பக்கத்துக் குளிரில் நட்டால் இலை சுருங்கிக் காய் நுனியிலேயே நின்றுவிடும். அங்கே லயத்துக் கூரைகளில் ஏறி நிற்பது சௌசௌக் கொடி. பதுளை நகரமோ கடல்மட்டத்திலிருந்து ஏறக்குறைய 680 மீற்றர் உயரத்தில்தான் இருக்கிறது. அதைச் சூழ்ந்த ஹாலி எல, பசறை, லுணுகலைப் பக்கங்களின் தாழ்ந்த சரிவுகளில் பாகல் தாராளமாகக் காய்க்கும். நான் பிறந்த லயம் பசறைப் பக்கத்தில் இருந்தது. எங்கள் காம்பராவின் பின்புறம், பீலியிலிருந்து வழியும் தண்ணீர் ஓடும் கானோரத்தில், பாய் விரிக்கும் அளவு நிலம். அது எங்களுடையது அன்று, தோட்டத்துடையது. துரை வேண்டாம் என்று சொன்னால் அன்றே பிடுங்கிவிட வேண்டும்.

அந்தத் துண்டு நிலத்தில் அப்பா ஆண்டுதோறும் பாகல் போடுவார். விதையை ஓர் இரவு தண்ணீரில் ஊறவைத்து, அடுப்புச் சாம்பல் கலந்த குழியில் நான்கைந்தாக ஊன்றுவார். கவ்வாத்து வெட்டிய தேயிலைக் குச்சிகள் பந்தலாகும். ஒன்றரை மாதத்தில் மஞ்சள் பூ வந்துவிடும். பூ பிஞ்சானதும் பெரும் பகை பழ ஈ. அது பிஞ்சின் தோலைக் குத்தி உள்ளே முட்டையிட்டுவிட்டால், நாலாம் நாள் காய் மஞ்சளாகிப் புழுத்து விழும். அதைத் தடுக்க அப்பா ஒவ்வொரு பிஞ்சையும் பழைய பத்திரிகைத் தாளில் சுற்றி நாரால் கட்டிவைப்பார். கங்காணியார் வீட்டில் வாசித்து முடித்த வீரகேசரித் தாள்கள் அவை. பந்தலுக்குள் நின்று, காய் காயாகத் தலையைச் சாய்த்து, நான் செய்தி படித்தது அங்கேதான். எந்தச் செய்தியும் முழுதாகக் கிடைக்காது. தொடர்ச்சி அடுத்த காயில் இருக்கும், அல்லது இராது.

பெயரைப் பற்றியும் சிறிது சொல்ல வேண்டும். நாம் பாகல் என்பதை யாழ்ப்பாணத்தார் பாவல் என்பர். மலையாளமும் அப்படியே. சிங்களத்தின் ‘கரவில’ வடமொழியின் ‘காரவெல்ல’ என்ற சொல்லோடு உறவுடையது. இந்தியின் ‘கரேலா’வும் அதே குடும்பம். கொச்சியிலிருந்த டச்சு ஆளுநர் வான் ரீட் தொகுத்து 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளிவந்த ‘ஹோர்த்துஸ் மலபாரிக்குஸ்’ நூலில் இந்தக் கொடி பாவல் என்ற நம் பெயருடனேயே படமாக இடம்பெற்றது. அந்நூலுக்குத் தகவல் தந்தவர்களில் முதன்மையானவர் இட்டி அச்சுதன் என்ற ஈழவ வைத்தியர். 1753இல் லின்னேயஸ் மொமோர்டிகா கரன்ஷியா என்று பெயரிட்டார். விதையின் ஓரம் யாரோ கடித்துவைத்தது போலிருக்கும் அல்லவா? லத்தீனில் கடித்தலைக் குறிக்கும் சொல்லிலிருந்து அந்தப் பெயரின் முதற்பாதி வந்தது.

இந்த இனத்தின் மூதாதை ஆபிரிக்காவிலிருந்து ஆசியாவுக்கு வந்திருக்க வேண்டும் என்பது மரபணு ஆய்வாளர்களின் இன்றைய கருத்து. தோட்டத்துக் காயாக வளர்த்தெடுத்தது ஆசியா. பிறகு அது மனிதரோடு உலகம் சுற்றியது. நம்மவர் கப்பலேறிப் போன மொரீசியசிலும் ரியூனியனிலும் அதன் பெயர் மார்கோஸ். யமேக்காவில் செரசி என்று சொல்லி, காயைவிட இலையையும் தண்டையும் கொதிக்கவைத்துத் தேநீர்போலக் குடிக்கிறார்கள். ஒக்கினாவாவில் கோயா.

எங்கள் லயத்தில் பாகல் முதலில் கறி, பிறகுதான் மருந்து. சம்பளம் போட்ட வாரத்தில் அம்மா காயை மெல்லிய வட்டங்களாக அரிந்து, உப்பும் மஞ்சளும் பிசறி, தேங்காயெண்ணெயில் மொறுமொறுப்பாகப் பொரித்து, சின்ன வெங்காயம், பச்சை மிளகாய், மாசித் தூள், தேசிக்காய்ப் புளி சேர்த்துச் சம்பலாக்குவார். இந்தச் சம்பலை அயலிலிருந்த சிங்களக் கிராமத்தவர்களிடமிருந்து நாம் பெற்றோம் என்றே நினைக்கிறேன். மற்ற நாள்களில் கருவாடு போட்ட புளிக்குழம்பு. அது திருச்சி, சேலம் பக்கங்களிலிருந்து நடந்து வந்த பாட்டிமாரின் கைப்பக்குவம்.

மருந்து என்று வரும்போது கதை வேறு. தோட்டத் தொழிலாளரின் மருத்துவத்துக்காக 1872இலேயே ஒரு சட்டம் இயற்றப்பட்டது. 1912இல் அதைத் திருத்திப் புதிய சட்டங்கள் வந்தன. ஆனால் சட்டத்துக்கும் எங்கள் லயத்துக்கும் இடையில் நாலு மைல் ஏற்றம் இருந்தது. மருந்துக்கூடத்தில் காய்ச்சலுக்கும் வயிற்றுவலிக்கும் ஒரே போத்தலிலிருந்து ஊற்றிக் கொடுத்ததாகப் பெரியவர்கள் சொல்லிச் சிரிப்பார்கள். அங்கே போய்க் காத்திருந்தால் அன்றைக்கு அரைப்பேர்தான், அதாவது பாதிச் சம்பளம். கொடியோ கைக்கெட்டும் தூரத்தில். குழந்தைக்குப் பூச்சித் தொல்லையா, இலைச் சாறு ஒரு கரண்டி. சொறி சிரங்கா, இலையை மஞ்சளோடு அரைத்துப் பூச்சு. காய்ச்சல் விட்டபின் வாய்க்கசப்பு நீங்க, கசப்பாலேயே வைத்தியம். பிள்ளைத்தாய்ச்சிக்கு மட்டும் பாகலைத் தரமாட்டார்கள். அந்த எச்சரிக்கை சரியானதே. இந்தக் கொடியின் விதையிலும் பிற பகுதிகளிலும் உள்ள சில பொருள்கள் கருவுக்குத் தீங்கானவை என்று இன்றைய மருத்துவமும் சொல்கிறது.

மருத்துவர் இல்லாத இடத்தில் வேலிக்கொடி மருத்துவராகிவிடுகிறது. அதன் புகழில் எவ்வளவு குணம், எவ்வளவு வேறு வழியின்மை என்று பிரித்துப் பார்க்க அன்று எங்களுக்குத் தோன்றவில்லை.

1973, 1974ஆம் ஆண்டுகள் வந்தன. உலகச் சந்தையில் உணவும் எண்ணெயும் விலையேற, அரசு பங்கீட்டு அரிசியைக் குறைத்தது, மாவும் கிடைக்கவில்லை. மாவட்டம் விட்டு மாவட்டம் அரிசி கொண்டுபோகத் தடை இருந்தது. கிராமத்தவருக்கு ஒரு வயற்துண்டாவது இருந்தது. கடையை நம்பிய தோட்டத்தவருக்கு எதுவும் இல்லை. 1974இல் தோட்டங்களின் மரண வீதம் திடீரென்று ஏறியது அரசின் கணக்குகளிலேயே பதிவாகியிருக்கிறது. எனக்கு அப்போது பதினாறு வயது. மரவள்ளிக் கிழங்கும் பாகல் இலையும்தான் பல நாள் எங்கள் சாப்பாடு. இலையை இரண்டு முறை அவித்துத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, உப்பும் மிளகாயும் போட்டு அம்மா வதக்குவார். பக்கத்துக் காம்பராவில் கிழங்கும் கிடைக்காமல் இலையையும் காயையும் மட்டுமே அவித்துத் தின்றார்கள். பின்னாளில் ஊட்டச்சத்து அட்டவணை ஒன்றைப் பார்த்தபோது எனக்கு அந்த வீடு நினைவுக்கு வந்தது. நூறு கிராம் பாகற்காயில் உயிர்ச்சத்து சி 84 மில்லிகிராம். நல்லதுதான். சக்தியோ வெறும் 17 கலோரி. பசித்த வயிற்றுக்கு அது சோறாகவில்லை. அந்த வீட்டின் கடைசிப் பிள்ளை அவ்வாண்டு இறந்தது. மிஞ்சியவர்கள் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தப்படி தலைமன்னாரில் கப்பலேறினார்கள்.

இனி என் பிழைக்கு வருகிறேன். 1981இல் ஜெய்ப்பூரில் கன்னா என்பவரும் சகாக்களும் பாகலிலிருந்து இன்சுலினைப் போன்ற ஒரு புரதத்தைப் பிரித்தெடுத்ததாக வெளியிட்டார்கள். 1986இல் நம் நாட்டிலேயே வெலிஹிந்த, கருணாநாயக்க முதலான ஆய்வாளர்கள், நீரிழிவு நோயாளருக்குப் பாகற்காய்ச் சாறு கொடுத்துப் பார்த்த முடிவை வெளியிட்டனர். 73 வீதமானோருக்கு, குளுக்கோசைத் தாங்கும் திறன் குறிப்பிடத்தக்க அளவு மேம்பட்டது. எஞ்சிய 27 வீதமானோருக்கு எந்தப் பயனும் தெரியவில்லை. அவர்கள் இரண்டையும் நேர்மையாகவே எழுதியிருந்தார்கள்.

நான் அப்போது கொழும்பில் ஒரு நாளிதழில் உதவி ஆசிரியன். 1988இல் இதைப் பற்றி ஒரு பத்தி எழுதினேன். லயத்து வேலிக்கொடி ஆய்வுகூடத்தில் வென்றுவிட்டது என்ற பெருமிதம் எனக்கு. எங்கள் பாட்டிமார் அறியாமையில் கிடந்தவர்கள் அல்லர் என்று உலகுக்குச் சொல்லும் ஆசை. 73 என்ற எண்ணைத் தலைப்பிலேயே போட்டேன். 27 வரவில்லை. ‘கட்டுப்பாட்டுக்கு உதவலாம்’ என்று எழுத வேண்டிய இடத்தில் ‘குணமாக்கும்’ என்று எழுதினேன். பக்கத்தில் இடம் போதாமல் வெட்டியதாக நானே பல ஆண்டு எனக்குச் சொல்லிக்கொண்டேன். உண்மை அதுவன்று. 27ஐ எழுதினால் பத்தியின் வேகம் குறையும் என்று தெரிந்தேதான் விட்டேன்.

பசறையில் இருந்த என் பெரியம்மாவுக்குச் சீனி வியாதி. பதுளை ஆஸ்பத்திரியில் மாத்திரை கொடுத்திருந்தார்கள். மறு ஆண்டு சித்திரைக்கு ஊர் போனபோது காலைத் துணியால் சுற்றியபடி இஸ்தோப்பில் உட்கார்ந்திருந்தார். மாத்திரை எங்கே என்று கேட்டேன்.

“அது எதுக்கய்யா? நீதானே பேப்பர்ல போட்டிருந்த. தெனமும் வெள்ளன ஒரு தம்ளர் சாறு குடிக்கிறேன்.”

அந்த ஆண்டு ஆடியில் பெரியம்மாவின் வலது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள். அதன் பிறகும் ஒன்பது ஆண்டு இருந்தார். ஒரு நாளும் என்னைக் குறை சொன்னதில்லை. ஊருக்குப் போகும்போதெல்லாம் பாகற்காய்ச் சம்பல் செய்து கொடுக்கச் சொல்லி மருமகளை அனுப்புவார்.

பிந்திய ஆய்வுகள் என்ன சொல்கின்றன என்பதையும் எழுதிவிடுகிறேன். 2007இல் பிலிப்பைன்சில் பாகல் குளிகைகளைக் கொடுத்துச் செய்த பரிசோதனையில் குறிப்பிடத்தக்க பயன் தெரியவில்லை. 2011இல் தாய்லாந்தில், நாளொன்றுக்கு 2000 மில்லிகிராம் பாகற்பொடி உண்டவர்களுக்குச் சர்க்கரை ஓரளவு குறைந்தது. ஆனால் 1000 மில்லிகிராம் மெட்போர்மின் உண்டவர்களுக்குக் குறைந்த அளவுக்கு அது எட்டவில்லை. கிடைத்த ஆய்வுகளையெல்லாம் சேர்த்துப் பார்த்த கொக்ரேன் மதிப்பாய்வு 2012இல், மருந்தாகப் பரிந்துரைக்கப் போதிய சான்று இல்லை என்றது. குணம் இல்லவே இல்லை என்று இதற்குப் பொருளன்று. மாத்திரையின் இடத்தில் வைக்க முடியாது என்பதே பொருள். மாத்திரையோடு சேர்த்துச் சாற்றை அளவின்றிக் குடித்தால் சர்க்கரை அபாயமான அளவுக்கு இறங்கவும் கூடும். கறியாக உண்பவர்களுக்கு இந்தக் கவலை பெரிதாக இல்லை. நானும் வாரம் இரண்டு முறை உண்கிறேன். எனக்கும் இப்போது நீரிழிவு உண்டு.

பெரியம்மா 1998இல் காலமானார். அவருடைய தகரப் பெட்டியைப் பிரித்தபோது பிரஜாவுரிமைச் சான்றிதழ், சேமலாப நிதி அட்டை, தாலிக்கொடி அடகு வைத்த சீட்டு, இவற்றுக்கு அடியில் நான்காக மடித்த ஒரு பத்திரிகைத் துண்டு இருந்தது. பெரியம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. யாரையோ வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டிருக்கிறார். சீராக வெட்டி, ஓரங்களில் சோறு தடவி ஒரு கொப்பித் தாளில் ஒட்டியிருந்தார். தலைப்பும் என் பெயரும் முழுதாக இருந்தன.