மோகன் பகான்: ஒரு பேட்டைச் சங்கத்தின் வரலாறு



ஜூபிலி மலரில் கால்பந்துக்கு என்ன வேலை என்று நம் பெரியவர்கள் சிலர் கேட்கக்கூடும். ஆடிச் சாரலில் பந்தாடிவிட்டுச் சேறும் சகதியுமாக வீடு திரும்பும் நம் வாலிபர்களைப் பார்த்துத் தாய்மார் கேட்பதும் அதுவே. பதிலாக, கல்கத்தாவின் ஒரு சங்கத்தைப் பற்றி எழுதுகிறோம்.

1889ஆம் ஆண்டு ஆகஸ்டு 15ஆம் நாள். (அந்நாளில் அது தேவமாதாவின் விண்ணேற்புத் திருநாள் மட்டுமே, சுதந்திரத் திருநாள் ஆவதற்கு இன்னும் 58 ஆண்டுகள் இருந்தன.) வட கல்கத்தாவில் சில குடும்பத்தார் கூடித் தங்கள் பேட்டைப் பிள்ளைகளுக்காக ஒரு விளையாட்டுச் சங்கம் கண்டனர். சொந்த மைதானம் கிடையாது. மோகன் பகான் என்ற மாளிகையின் தோட்டத்தில் ஆடினர். அதுவே சங்கத்தின் பெயராயிற்று. முதல் தலைவர் பூபேந்திரநாத் போஸ், 1914இல் சென்னையில் கூடிய காங்கிரஸ் மகாசபைக்குத் தலைமை வகித்தவர். ஆட்டக்காரர் எவருக்கும் சம்பளம் இல்லை.

தொடக்கத்தில் சொல்லும்படியான வெற்றி எதுவும் இல்லை. பின்னர்ச் செயலாளரான சைலேன் போஸ் இராணுவத்தில் பழகியவர். தேகப்பயிற்சியைக் கட்டாயமாக்கினார். 1906, 1907, 1908 ஆகிய மூன்று ஆண்டுகளும் டிரேட்ஸ் கோப்பை அவர்களுக்கே.

1911இல் ஐ.எப்.ஏ. கேடயப் போட்டி. முதல் சுற்றில் சேசு சபையாரின் புனித சவேரியார் கல்லூரி அணியை 3–0 என்று வென்றனர். (அதற்காக நாம் வருந்த வேண்டியதில்லை!) அடுத்தடுத்து ஆங்கிலப் பட்டாளத்து அணிகளும் தோற்றன. ஜூலை 29ஆம் நாள் இறுதி ஆட்டத்தில் எதிரே கிழக்கு யார்க்ஷயர் படைப்பிரிவு. முதல் கோலைப் போட்டவர்கள் வெள்ளையரே. தலைவர் சிவதாஸ் பாதுரி அதைச் சமன் செய்தார். ஆட்டம் முடியும் தறுவாயில் அபிலாஷ் கோஷ் இன்னொரு கோல் போட்டார். முடிவு 2–1. இந்திய அணியொன்று அக்கேடயத்தைப் பெற்றது அதுவே முதன்முறை. 1905இல் கர்சன் பிரபு இரண்டாக வெட்டிய வங்காளம் அன்று எப்படிக் கொண்டாடியிருக்கும் என்று சொல்லவும் வேண்டுமோ!

அந்தப் பதினொருவரில் பத்துப் பேர் வெறுங்காலுடன் ஆடினர். பூட்ஸ் அணிந்தவர் ஒருவர் மட்டுமே. பின்வரிசையில் நின்ற சுதிர் சட்டர்ஜி, கிறிஸ்தவர். லண்டன் மிஷன் கல்லூரியில் ஆசிரியர். கத்தோலிக்கர் அல்லர், நம் பிரிந்த சகோதரர்; அதனால் நம் மகிழ்ச்சி குறையாது. கிறிஸ்தவன் என்றால் வெள்ளைக்காரன் பக்கம் என்று எண்ணிய காலம் அது. இன்றும் நம்மை வேற்றாராகப் பார்ப்போர் இல்லாமலில்லை. ஆனால் அன்று மைதானத்தில் அவர் நின்ற பக்கம் எது என்று எவரும் கேட்டிருக்க முடியாது. அவர் பூட்ஸ் அணிந்ததால் வெறுங்கால் தோழர்கள் அவரை விலக்கவுமில்லை, அவர் அதைக் கழற்றவுமில்லை. தென்காசித் தேரோட்டத்தைத் தெருவோரம் நின்று பார்த்து, குற்றால அருவியில் எல்லோரோடும் சேர்ந்து நனைந்து வளர்ந்த மேலகரத்துப் பிள்ளைகளுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

சங்கம் இன்று பெரும் பணம் புழங்கும் தொழில்முறை அணியாகிவிட்டது. ஜூலை 29ஐ மட்டும் ஆண்டுதோறும் மோகன் பகான் தினமாகக் கொண்டாடுகின்றனர். சுதிர் சட்டர்ஜி பின்னாளில் குருப்பட்டம் பெற்றார். அந்தப் பதினொருவர் பட்டியலில் அவர் பெயருக்கு முன்னால் மட்டும் 'ரெவரண்டு' என்று போட்டிருக்கும்.