படிவுக்கு முன்னால்: புரத இழைகளின் நூற்றெழுபது ஆண்டுகள்

நினைவை அழிக்கும் மூளைநோய்களைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் 'மூளையில் புரதம் படிகிறது' என்ற வாசகத்தை நாம் கேட்கிறோம். கேட்க எளிதாயிருக்கும் இவ்வாசகத்துக்குப் பின்னால் நெடிய விவாதம் ஒன்று உண்டு. படிந்து கிடக்கும் புரதம்தான் நோயை உண்டாக்குகிறதா, அல்லது படிவதற்கு முன்னால், பாதிவழியில், அப்புரதம் எடுக்கும் வேறொரு வடிவமா என்பதே அது. கண்ணில் பட்ட பொருள் கண்ணில் படாத பொருளை எத்தனை காலம் மறைத்து நிற்கக்கூடும் என்பதற்கு அறிவியல் வரலாற்றில் இது ஒரு தெளிவான சான்று.

கதை ஒரு பெயர்ப்பிழையில் தொடங்குகிறது. 1854இல் ஜெர்மானிய மருத்துவர் ருடால்ஃப் விர்ஷோ, மூளைத் திசுவில் இருந்த சில துகள்கள் அயோடின் பட்டதும் மாவுச்சத்தைப் போல நிறம் மாறுவதைக் கண்டு அவற்றுக்கு 'அமிலாய்டு' என்று பெயரிட்டார். மாவுச்சத்தை ஒத்தது என்று பொருள். மண்ணீரல் முதலிய உறுப்புகளில் கண்ட படிவுகளுக்கும் அப்பெயரே வழங்கலாயிற்று. ஐந்தே ஆண்டுகளில், 1859இல், ஃப்ரீட்ரைஷும் கெக்கூலேயும் மண்ணீரல் படிவை வேதிமுறையில் ஆராய்ந்து, அதில் இருப்பது மாவுச்சத்தன்று, புரதம் என்று காட்டினார்கள். ஆனால் பெயர் ஒட்டிக்கொண்டது. இன்றும் உலகெங்கும் மருத்துவர்கள் ஒரு புரதத்தை 'மாவு போன்றது' என்றே அழைக்கிறார்கள்.

1901 நவம்பரில் ஃபிராங்க்ஃபர்ட் மனநோய் விடுதிக்கு அகஸ்டே டெட்டர் என்ற பெண் கொண்டுவரப்பட்டார். வயது 51. கணவன்மேல் காரணமற்ற சந்தேகம், மறதி, வீட்டுக்குள்ளேயே வழி தவறுதல் என்று அவருடைய உலகம் குலைந்துகொண்டிருந்தது. அங்கே மருத்துவராயிருந்த அலாய்ஸ் அல்ஸைமர் அவரிடம் கேட்ட கேள்விகளையும் அவர் சொன்ன பதில்களையும் ஒன்றுவிடாமல் எழுதி வைத்தார். (அந்தக் கோப்பு 1995இல் மீண்டும் கண்டெடுக்கப்பட்டது.) 1906 ஏப்ரலில் அப்பெண் இறந்தபோது அல்ஸைமர் ம்யூனிக்கில் இருந்தார். மூளையை வரவழைத்து, வெள்ளி உப்பால் சாயமேற்றிப் பார்த்தார். நரம்புச் செல்களுக்குள் முறுக்கிய நார்ச்சிக்கல்களும், செல்களுக்கு வெளியே வட்டமான படிவுகளும் தெரிந்தன. அவ்வாண்டு நவம்பர் 3ஆம் தேதி ட்யூபிங்கன் நகரில் நடந்த மருத்துவர் கூட்டத்தில் அவர் இதைப் பற்றி உரையாற்றினார். கேள்வி கேட்க எவரும் எழவில்லை. 1910இல் எமில் க்ரேப்பலின் தம் பாடநூலில் இந்நோய்க்கு அல்ஸைமரின் பெயரைச் சூட்டினார்.

வெள்ளி எதைப் பற்றிக்கொண்டதோ அதைத்தான் அல்ஸைமரால் பார்க்க முடிந்தது என்பதை நாம் இங்கே மனத்தில் இருத்த வேண்டும். அடுத்து வந்த சாயம் காங்கோ சிவப்பு. பருத்தித் துணிக்குச் சாயமேற்ற 1880களில் உருவாக்கப்பட்ட இது, அமிலாய்டையும் பற்றிக்கொள்ளும் என்று 1922இல் பென்ஹோல்ட் கண்டார். 1927இல் பெல்ஜியத்தின் டிவ்ரி, முதியோர் மூளைப் படிவுகளை இச்சாயத்தில் தோய்த்துத் துருவப்படுத்திய ஒளியில் வைத்து, அவையும் அமிலாய்டின் இனமே என்றார். அவ்வொளியில் சாயம் ஆப்பிள்பச்சையாக மின்னும். ஒழுங்காக அடுக்கப்பட்ட பொருளே அப்படி மின்ன முடியும். அந்த ஒழுங்கு எது என்று 1959இல் எலெக்ட்ரான் நுண்ணோக்கி காட்டியது. கோஹனும் கால்கின்ஸும் அமிலாய்டைப் பார்த்தபோது அதில் கிளையற்ற மெல்லிய இழைகள் தெரிந்தன.

1968இல் ஈன்ஸும் ஜார்ஜ் க்ளென்னரும் எக்ஸ் கதிர்களைச் செலுத்தி இவ்விழையின் உள்ளமைப்பை அறிந்தார்கள். புரதச் சங்கிலிகள் இழையின் நீளத்துக்குக் குறுக்காக, ஏணிப்படிகளைப் போல, ஒன்றன்மேல் ஒன்றாக ஏறத்தாழ 4.7 ஆங்ஸ்ட்ராம் இடைவெளியில் அடுக்கப்பட்டிருந்தன. இதே அடுக்கை 1935இலேயே லீட்ஸ் நகரில் வில்லியம் ஆஸ்ட்பரி பார்த்திருந்தார். அவர் எடுத்துக்கொண்ட பொருள் வேகவைத்து இழுத்த முட்டை வெள்ளைக்கரு! வெந்த முட்டை மீண்டும் பச்சை முட்டையாவதில்லை. அத்தகைய திரும்பாப் பாதை ஒன்று நம் தலைக்குள்ளும் உண்டென்று அப்போது யாரும் எண்ணியிருக்க மாட்டார்கள்.

1984இல் க்ளென்னரும் வாங்கும் அல்ஸைமர் நோயாளிகளின் மூளை உறைகளிலுள்ள இரத்தக் குழாய்களிலிருந்து படிவின் புரதத்தைப் பிரித்தெடுத்தார்கள். இன்று அதை ஏ-பீட்டா என்கிறோம். சுமார் 40 அமினோ அமிலங்கள் கொண்ட சிறு துண்டு அது. 1985இல் மாஸ்டர்ஸ், பைரூதர் குழுவினர் மூளைப் படிவின் மையத்திலும் அதையே கண்டார்கள். 1987இல் அதன் தாய்ப்புரதத்துக்குரிய மரபணு 21ஆவது குரோமோசோமில் இருப்பது தெரிந்தது. 1991இல், இளவயதிலேயே இந்நோய் தாக்கும் குடும்பம் ஒன்றில் அதே மரபணுவில் பிழை கண்டுபிடிக்கப்பட்டது. எல்லாத் தடயங்களும் ஒரே வீட்டு வாசலில் போய் நின்றன. 1992இல் ஹார்டியும் ஹிக்கின்ஸும் 'அமிலாய்டு அருவி' என்ற கருதுகோளை முன்வைத்தார்கள்: ஏ-பீட்டா படிகிறது; அதிலிருந்தே நார்ச்சிக்கலும் செல்களின் சாவும் மறதியும் விளைகின்றன. தம் வாழ்நாளை அமிலாய்டுக்கே செலவிட்ட க்ளென்னர், 1995இல் இதயத்தில் அமிலாய்டு படியும் நோயாலேயே இறந்தார் என்பது இவ்வரலாற்றின் துயரமான அடிக்குறிப்பு.

ஆனால் ஒரு முரண் தொடக்கத்திலிருந்தே உறுத்திக்கொண்டிருந்தது. 1988இல் காட்ஸ்மன் குழுவினர் முதியோர் இல்லங்களில் இருந்து இறந்த 137 பேரின் மூளைகளை ஆராய்ந்து வெளியிட்ட கட்டுரையில், படிவுகள் நிறைந்திருந்தும் இறுதிவரை தெளிவான அறிவோடு வாழ்ந்த சிலர் இருந்தனர். 1991இல் ராபர்ட் டெர்ரி, மறதியின் அளவோடு மிக நெருங்கிப் பொருந்துவது நரம்பிணைப்புகளின் இழப்பே என்று காட்டினார். படிவுகளின் எண்ணிக்கை அவ்வளவு பொருந்தவில்லை. கொலை நடந்த வீட்டில் பிடிபட்டவன், கொலையே நடக்காத வீடுகளிலும் குடியிருக்கிறான் என்றால் துப்பறிபவர் என்ன செய்வார்?

இங்கே இழை எப்படி உருவாகிறது என்பதைச் சற்று நின்று பார்க்க வேண்டும். பனங்கற்கண்டு செய்வோர் காய்ச்சிய பாகில் நூல்களைத் தொங்கவிடுகிறார்கள். நெடுநேரம் ஒன்றும் நிகழ்வதாகத் தெரியாது. நூலில் முதல் சிறு படிகம் பற்றிவிட்டால் பிறகு அதன்மேல் மளமளவென்று அடுக்கு ஏறும். ஏ-பீட்டாவின் இழையும் ஏறக்குறைய இப்படியே வளர்கிறது என்று 1993இல் ஜாரெட்டும் லான்ஸ்பரியும் விளக்கினார்கள். முதலில் நீண்ட காத்திருப்பு. சில மூலக்கூறுகள் தற்செயலாகக் கூடி ஒரு 'விதை' அமைகிறது. பின்னர் வேகமான வளர்ச்சி. அப்படியானால் தனித்த மூலக்கூறுக்கும் முதிர்ந்த இழைக்கும் நடுவில் வேறு உருவங்கள் இருந்தாக வேண்டும். 1997இல் லான்ஸ்பரி குழுவினர் அணுவிசை நுண்ணோக்கியிலும், வால்ஷ், டெப்லோ முதலியோர் வேறு முறைகளிலும் அவற்றைக் கண்டார்கள். முதிர்ந்த இழையைவிட மெல்லியவை, குட்டையானவை, வளைந்தவை. நீரில் கரைந்தே இருப்பவை. ப்ரோட்டோஃபைப்ரில் என்று பெயர் பெற்ற இவற்றை நாம் இடைநிலை இழை எனலாம். இவற்றினும் சிறிய, சில மூலக்கூறுகளே சேர்ந்த கூட்டங்களும் உண்டு. வெள்ளியும் காங்கோ சிவப்பும் காட்டிய உலகில் இவற்றுக்கு இடமிருக்கவில்லை.

1998இல் வில்லியம் க்ளைன் முதலானோர், இழையே உருவாகாத நிலையிலும் இச்சிறு கூட்டங்கள் நரம்புச் செல்களைக் கொல்வதையும், நினைவுக்கு ஆதாரமான இணைப்பு வலுப்பெறும் நிகழ்வைத் தடுப்பதையும் சோதனையில் காட்டினார்கள். 2000இல் லான்ஸ்பரியின் குழு பார்க்கின்ஸன் நோய்க்குரிய ஆல்ஃபா-சைனூக்ளின் என்ற வேறொரு புரதத்தைச் சோதித்தது. பரம்பரையாக நோயைத் தரும் இரு பிழைகளும் இடைநிலைக் கூட்டங்கள் உருவாவதைத் துரிதப்படுத்தின. முதிர்ந்த இழை உருவாவதை இரண்டும் ஒருசேரத் துரிதப்படுத்தவில்லை. 2001இல் வட ஸ்வீடனின் ஒரு குடும்பத்திலிருந்து மிகவும் நேரடியான சாட்சியம் வந்தது. லார்ஸ் லான்ஃபெல்ட் குழுவினர் ஆராய்ந்த அக்குடும்பத்தின் மரபணுப் பிழை, ஏ-பீட்டாவின் 22ஆவது அமினோ அமிலத்தை மாற்றிவிடுகிறது. மாறிய புரதம் இடைநிலை இழைகளை மிக விரைவாக உருவாக்குகிறது. 'ஆர்க்டிக் பிழை' என்று இதற்குப் பெயர்.

2002இல் ஸ்டெஃபானியும் டாப்ஸனும் இன்னும் ஒருபடி மேலே போனார்கள். எந்நோயோடும் தொடர்பில்லாத சாதாரணப் புரதங்களைக்கூட ஆய்வுக்கூடத்தில் இவ்வாறு திரளச் செய்யலாம். திரளலின் தொடக்கநிலையில் அவையும் செல்களைக் கொல்கின்றன. ஆக நஞ்சு என்பது இன்ன புரதம் என்பதில் மட்டும் இல்லை; அது கடந்துபோகும் வடிவத்திலும் இருக்கிறது. முதிர்ந்து படிந்த இழை, அலையும் துணுக்குகளைச் செல் ஓரிடத்தில் ஒதுக்கிக் கட்டிய கல்லறையாகவும் இருக்கலாம் என்ற எண்ணம் அப்போது வலுப்பெற்றது.

இவ்வெண்ணம் பரவிய வேளையில்தான் வழி பிசகியது. இடைநிலைக் கூட்டங்கள் நிலையற்றவை. பிரித்தெடுக்கும் முறையே அவற்றை உருவாக்கவும் கலைக்கவும் செய்யும். 'இதோ, இதுதான் அது' என்று ஒன்றைச் சுட்டிக் காட்டுபவருக்காக ஒரு துறையே காத்திருந்தது. 2006இல் மின்னஸோட்டா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 'நேச்சர்' இதழில் ஒரு குறிப்பிட்ட கூட்டத்தை அடையாளம் காட்டி, அதை எலிகளுக்குச் செலுத்தினால் நினைவு குன்றுகிறது என்று எழுதினார்கள். ஏ-பீட்டா நட்சத்திரம் 56 என்று பெயரிடப்பட்ட அதைப் பிற கூடங்கள் தேடியபோது எளிதில் அகப்படவில்லை. 2022இல் 'சயின்ஸ்' இதழ், அக்கட்டுரையின் படங்கள் திருத்தப்பட்டிருக்கலாம் என்ற மாத்யூ ஷ்ராகின் ஆய்வை வெளியிட்டது. 2024 ஜூனில், படங்களில் ஒட்டலும் நகலும் அழிப்பும் இருப்பதற்கான தடயங்களைக் குறிப்பிட்டு அக்கட்டுரை திரும்பப் பெறப்பட்டது. பதினெட்டு ஆண்டுகள்! அதற்குள் ஆயிரக்கணக்கான கட்டுரைகள் அதை மேற்கோள் காட்டிவிட்டன.

இதனால் இடைநிலை இழை என்பதே பொய் என்று சிலர் எழுதினார்கள். நாம் அப்படி முடிவு கட்ட வேண்டியதில்லை. 1997, 1998, 2000, 2001 ஆகிய ஆண்டுகளின் முடிவுகள் வெவ்வேறு கூடங்களில், வெவ்வேறு முறைகளில் பெறப்பட்டவை. அவை அந்த ஒரு கட்டுரையின்மேல் நிற்கவில்லை. ஒரு செப்பேடு போலி என்று தெரிந்தால் அரச மரபே இல்லாமல் போய்விடாது. மற்றச் சாசனங்களைக் கூடுதல் கவனத்தோடு படிக்க வேண்டியிருக்கும், அவ்வளவே.

மருந்துகளின் கதையும் இதையே சொல்கிறது. படிவைக் கரைக்கும் முதல் தடுப்பூசிச் சோதனை, சிலருக்கு மூளையழற்சி ஏற்பட்டதால் 2002 ஜனவரியில் நிறுத்தப்பட்டது. அவ்வூசி பெற்றுப் பின்னர் இறந்தவர்களின் மூளையைப் பற்றி 2008இல் வெளியான ஆய்வில், படிவு பெரும்பாலும் துடைக்கப்பட்டிருந்தவர்களும் கடும் மறதியோடே இறந்திருந்தார்கள். மறுபுறம், வட ஸ்வீடனின் அக்குடும்பம் தந்த தடயத்திலிருந்து லான்ஃபெல்ட் இடைநிலை இழைகளைப் பற்றிக்கொள்ளும் ஓர் எதிர்ப்பொருளை உருவாக்கினார். லெக்கனெமாப் என்ற அம்மருந்து 1,795 பேரிடம் சோதிக்கப்பட்டது. 18 மாதங்களில் நோயின் சரிவு, மருந்து பெறாதவர்களைவிட 27 விழுக்காடு மெதுவாக இருந்தது. 2023 ஜூலையில் அமெரிக்கா அதற்கு முழு ஒப்புதல் அளித்தது.

வெற்றிதானா? 18 புள்ளிகள் கொண்ட அளவுகோலில் இருசாராருக்கும் உள்ள வேறுபாடு 0.45 மட்டுமே. சிலருக்கு மூளையில் வீக்கமும் இரத்தக்கசிவும் நேர்கின்றன. நோய் மெதுவாகிறது, நிற்பதில்லை. மேலும், லெக்கனெமாப் படிவுகளையும் சேர்த்தே துடைக்கிறது. 2024இல் ஒப்புதல் பெற்ற டோனனெமாப் நேரடியாகப் படிவையே குறிவைப்பது. அதுவும் ஏறத்தாழ இதே அளவு பலன் தருகிறது. எனவே படிவா, இடைநிலை இழையா என்ற வழக்கில் தீர்ப்பு இன்னும் எழுதப்படவில்லை. கல்லறை என்று கருதப்பட்ட படிவிலிருந்தே துணுக்குகள் உதிர்ந்து மீண்டும் அலையக்கூடும் என்றும், ஆகவே இரண்டையும் அப்படிப் பிரிக்க முடியாதென்றும் கருதுவோர் இருக்கிறார்கள்.

நம் வீடுகளிலும் பெயரை மறந்து, பிறகு முகத்தை மறந்து, கடைசியில் வாசற்படியை மறந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு இவ்வரலாறு இதுவரை தந்தது மிகச் சிறிது, சில மாதங்கள். ஆனால் அச்சில மாதங்களும், முதிர்ந்த படிவை விட்டு அதற்கு முந்தைய கணத்தின்மேல் சிலர் பார்வையைத் திருப்பியதால் வந்தவை. அகஸ்டே டெட்டரின் மூளைத் துணுக்குகள் பதிந்த கண்ணாடித் தகடுகள் ம்யூனிக்கில் பின்னர் கண்டெடுக்கப்பட்டன. அல்ஸைமர் வரைந்த படிவுகளும் நார்ச்சிக்கல்களும் அவற்றில் அப்படியே இருந்தன. அவற்றுக்கு முன்னால் அங்கே என்ன இருந்தது என்பதை அத்தகடுகள் காட்டவில்லை.