சட்டாம்பிள்ளைக்கு என்ன கொடுப்பது?

பதிவு கொஞ்சம் நீளம். காபி போட்டு வைத்துக்கொண்டு படியுங்கள்.

போன மாதம் எங்கள் தெருவில் ஒரு பஞ்சாயத்து என்னிடம் வந்தது. பக்கத்துத் தெருவில் எம்.எஸ்சி. கணிதம் படிக்கும் பெண் ஒருத்தி, பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் நான்கு பேருக்கு என் வீட்டுக் கூடத்தில் இருபது நாள் கணக்குச் சொல்லிக்கொடுத்தாள். ஃபீஸ் என்று எதுவும் பேசவில்லை. "காசெல்லாம் வேண்டாம் டீச்சர்" என்றாள். சும்மா வாங்கிக்கொண்டு போகப் பெற்றோருக்கு மனம் வரவில்லை. அன்பளிப்பாக ஏதாவது கொடுக்கலாம் என்றார்கள். எவ்வளவு, யார் பங்கு எவ்வளவு என்பதில்தான் சிக்கல்.

நால்வரில் இரண்டு பேர் இரட்டைப் பிள்ளைகள். ஒருவன் என் தங்கையின் பேரன். கடைசிப் பத்து நாள் மட்டும் வந்தான். இன்னொருத்தி தையல்கார அம்மாவின் மகள். ஒருநாள் தவறாமல் வந்தாள். "டீச்சர், நீங்கதான் பிரிச்சுச் சொல்லணும்" என்று இரட்டையரின் அப்பா ஒரு தாளையும் பேனாவையும் என் கையில் கொடுத்துவிட்டார். நாட்கணக்கில் வகுத்தால் ஐந்து நிமிட வேலை. ஆனால் பேனாவை வைத்துவிட்டு நான் பழைய புத்தகங்களைத் தேடிப் போனேன். ஏன் என்பதைப் பிறகு சொல்கிறேன்.

நம் திண்ணைப் பள்ளிக்கூடத்து வாத்தியாருக்கு அரசாங்கச் சம்பளம் கிடையாது. பிள்ளைகளைப் பெற்றவர்கள் கொடுப்பதுதான் வருமானம். எல்லோரும் காசாகக் கொடுத்ததில்லை. அரிசி, பயறு, காய், எண்ணெய் என்று வீட்டில் இருப்பது வரும். நவராத்திரி வந்தால் பிள்ளைகள் கோலாட்டக் குச்சியோடு பாடிக்கொண்டு வீடு வீடாகப் போவார்கள். கிடைப்பது வாத்தியாருக்கு. இதில் எனக்குப் பிடித்த விஷயம், பள்ளிக்குப் பிள்ளையை அனுப்பாத வீடும் அன்றைக்கு ஏதோ கொடுத்தது. செலவை ஊரே கொஞ்சம் கொஞ்சமாகத் தோளில் ஏற்றிக்கொண்டது.

இதற்கு எழுத்தில் கணக்கு கிடைப்பது சென்னை மாகாண கவர்னர் தாமஸ் மன்றோ காலத்தில்தான். 1822இல் மாவட்டம் மாவட்டமாகப் பள்ளிகளை எண்ணிச் சொல்லும்படி கலெக்டர்களுக்கு உத்தரவு போட்டார். அந்த அறிக்கைகளைத் தரம்பால் திரட்டி 1983இல் 'தி பியூட்டிஃபுல் ட்ரீ' என்ற புத்தகமாக வெளியிட்டார். வரலாறு படிக்கும் பிள்ளைகள் ஒருமுறையாவது புரட்டிப் பாருங்கள்.

அதில் பெல்லாரி கலெக்டர் கேம்ப்பெல் 1823இல் எழுதிய அறிக்கை இருக்கிறது. பெல்லாரி இன்று கர்நாடகத்தில். அன்று சென்னை மாகாணம். மணலில் விரல் வைத்து எழுதும் பிள்ளைக்கு மாதம் கால் ரூபாய். காகிதத்தில் எழுதவும் மேல் கணக்குப் போடவும் தொடங்கிவிட்டால் அரை ரூபாய். அதாவது நான்கு அணா, எட்டு அணா. பாடம் ஏற ஏறக் கட்டணமும் ஏறியது.

அவர் மாவட்டத்தில் 533 பள்ளி, 6,641 பிள்ளைகள். ஆசிரியை புத்தி சும்மா இருக்குமா, வகுத்துப் பார்த்தேன். பள்ளிக்குப் பன்னிரண்டரைப் பிள்ளைகூட வரவில்லை. பன்னிரண்டு பேரும் நான்கணாக் கொடுத்தால் மூன்று ரூபாய். எல்லோரும் எட்டணாக் கொடுத்தாலும் ஆறு ரூபாய்தான். மன்றோ 1826இல் எழுதிய குறிப்பில், மாகாணத்து ஆசிரியர்கள் பொதுவாக மாதம் ஆறேழு ரூபாய்க்கு மேல் சம்பாதிப்பதில்லை, தகுதியுள்ளவர்களை இந்தத் தொழிலுக்கு இழுக்க அது போதாது என்கிறார். அவர் சொன்ன வழி: தாலுகாப் பள்ளி ஆசிரியருக்கு அரசு மாதம் ஒன்பது ரூபாய் கொடுக்கட்டும், குறைந்தது அதே அளவு பிள்ளைகளிடமிருந்தும் வரும். பாதி சர்க்கார், பாதி பெற்றோர். கலெக்டரேட் பள்ளி ஆசிரியருக்குப் பதினைந்து ரூபாய் என்றார்.

காசே வாங்காமல் கற்பித்தவர்களும் உண்டு. மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை மாணவர்களிடம் பணம் வாங்கியதில்லை. அவர்களுக்குச் சோறும் போட்டார். அதைப் பெருமையாகச் சொல்கிற நாம், அவர் கடனில் தவித்ததைச் சொல்வதில்லை. உ.வே.சா. இரண்டையும் எழுதி வைத்திருக்கிறார். "வேண்டாம்" என்று சொல்பவரை அப்படியே விட்டுவிடக்கூடாது என்று நான் நினைப்பது அதைப் படித்த பிறகுதான்.

இப்போது சட்டாம்பிள்ளைக்கு வருகிறேன். திண்ணைப் பள்ளியில் ஒரே வாத்தியார் எல்லா நிலைப் பிள்ளைகளையும் எப்படிச் சமாளித்தார்? கொஞ்சம் படித்த பிள்ளை, படிக்காத பிள்ளைக்குச் சொல்லிக்கொடுத்தது. கேம்ப்பெல் இந்த முறையை வாய்விட்டுப் புகழ்கிறார். எவ்வளவு சிக்கனம், சொல்லிக்கொடுப்பவனுக்கும் பாடம் உறுதிப்படுகிறது, இங்கிலாந்து இதைப் பின்பற்றியது தகும் என்கிறார்.

இங்கிலாந்துக்கு அது போன கதை நம் எழும்பூரில் தொடங்குகிறது. ஆண்ட்ரூ பெல் என்ற ஸ்காட்லாந்துப் பாதிரியார், சிப்பாய்களின் ஆண்பிள்ளைகளுக்காக நடந்த ஆதரவில்லத்தை 1789 முதல் கவனித்துவந்தார். இங்குள்ள ஒரு நாட்டுப் பள்ளியில் பிள்ளைகள் மணலில் எழுதிப் பழகுவதைக் கண்டு, அதைத் தன் பள்ளியிலும் செய்யச் சொன்னார். ஆசிரியர்கள் ஒத்துழைக்கவில்லை. உடனே ஜான் ஃபிரிஸ்கின் என்ற எட்டு வயதுச் சிறுவனைச் சின்ன வகுப்புக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்க வைத்தார். அவன் சொல்லிக்கொடுத்துவிட்டான்! 1797இல் பெல் லண்டனில் இதைப் புத்தகமாகப் போட்டார். 'மதராஸ் முறை' என்றே பெயர். அவர் விட்டுச்சென்ற பணத்தில் ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் நகரில் எழுந்த பள்ளிக்கு இன்றும் மெட்ராஸ் காலேஜ் என்றுதான் பெயர்.

பெல்லாரிக் கணக்கில் மணலுக்கு ஒரு விலை, காகிதத்துக்கு ஒரு விலை இருக்கிறது. சொல்லிக்கொடுத்த பிள்ளைக்கு என்ன என்று ஒரு வரி இல்லை. அந்தச் சிக்கனத்தை யார் சுமந்தார்கள் என்று புகழ்ந்தவர் கேட்கவில்லை.

நானும் கேட்கவில்லை.

ஆசிரியர் பயிற்சிப் பட்டயம் முடித்து வேலைக்கு வந்த புதிதில் நான் இருந்தது ஐந்து வகுப்பு, இரண்டு ஆசிரியர் உள்ள பள்ளி. கூட இருந்தவர் விடுப்பில் போனால் ஐந்தும் என் தலையில். ஐந்தாம் வகுப்பில் ஒரு பெண் இருந்தாள். பொறுமைசாலி, அழகான கையெழுத்து. அவளை ஒன்றாம் வகுப்போடு உட்காரவைத்து அ, ஆ சொல்லிக்கொடுக்க விட்டேன். நான் பதிவேடு எழுதினேன், மற்ற வகுப்பைப் பார்த்தேன். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, ஏறக்குறைய வருடம் முழுவதும். அந்த வருடம் ஒன்றாம் வகுப்புப் பிள்ளைகள் அத்தனை பேரும் எழுத்துக்கூட்டிப் படித்தார்கள். பார்வையிட வந்த அதிகாரி என்னைப் பாராட்டிவிட்டுப் போனார். அந்தப் பெண் மட்டும் பின்னத்தில் தடுமாறி, முதல் இடத்திலிருந்து நான்காவதாக இறங்கினாள். நான் பின்னம் நடத்திய நாட்களில் அவள் ஒன்றாம் வகுப்பில் இருந்தாள்.

ஆண்டு விழா முடிந்து அவள் அம்மா வந்தார். சத்தம் போடவில்லை. "உங்க வேலையை எம் புள்ள பாத்துச்சே டீச்சர், அதுக்கு என்ன குடுத்தீங்க?" என்றார். நான் ஒரு பென்சில் டப்பா கொடுத்திருந்தேன். பதில் சொல்லத் தெரியாமல் நின்றேன்.

இங்கிலாந்து இந்தக் கேள்விக்கு 1846இல் ஒரு பதில் எழுதியது. பதின்மூன்று வயதுக்கு மேற்பட்ட பிள்ளைகளை ஐந்து வருடத்துக்கு 'மாணவ ஆசிரியர்' என்று அமர்த்தினார்கள். முதல் வருடம் பத்து பவுண்டு, ஐந்தாம் வருடம் இருபது பவுண்டு உதவித்தொகை. அதைவிட முக்கியம், தலைமை ஆசிரியர் அந்தப் பிள்ளைக்குத் தினமும் ஒன்றரை மணி நேரம் தனியாகப் பாடம் நடத்தியாக வேண்டும். அதற்கு ஆசிரியருக்கும் காசு: ஒரு பிள்ளை என்றால் ஆண்டுக்கு ஐந்து பவுண்டு, இருவர் என்றால் ஒன்பது, மூவர் என்றால் பன்னிரண்டு, அதற்கு மேல் தலைக்கு மூன்று. எனக்கு அந்த ஒன்றரை மணி நேரம் நெஞ்சில் தைத்தது. என் பள்ளியில் தினம் அரை மணி நேரம் போதும், அவளுக்குப் பின்னம் வந்திருக்கும்.

இதே இங்கிலாந்து 1862இல் தலைகீழாக ஒரு வேலை செய்தது. ராபர்ட் லோ கொண்டுவந்த விதிப்படி, ஒரு பிள்ளை வாசிப்பு, எழுத்து, கணக்கு இவற்றில் எதில் தவறினாலும் தவறிய ஒவ்வொன்றுக்கும் இரண்டு ஷில்லிங் எட்டுப் பென்ஸ் பள்ளி மானியத்தில் வெட்டு. நம் மாகாணத்துக்கும் தேர்ச்சிக்கு ஏற்ற மானியம் வந்துசேர்ந்தது. இரட்டையரின் அப்பா, "ரிசல்ட் வரட்டும் டீச்சர், மார்க்கைப் பாத்துக் குடுப்போம்" என்றபோது எனக்கு லோ துரைதான் நினைவுக்கு வந்தார். அந்தப் பெண் வந்து உழைத்தது இருபது நாள். அது தேர்வுக்கு முன்பே முடிந்துவிட்டது. மார்க்குக்குக் காத்திருக்க வேண்டாம் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன்.

சரி, எங்கள் தெருக் கணக்கு. எங்கள் பக்கம் ஒரு பிள்ளைக்குத் தனியாகக் கணக்கு டியூஷன் எடுத்தால் மாதம் ஆயிரம் வாங்குகிறார்கள். ஐந்து, ஒன்பது, பன்னிரண்டு, பதினைந்து என்ற 1846 ஏணியில் அதை ஏற்றினேன். ஒருவருக்கு ஆயிரம், இருவருக்கு 1,800, மூவருக்கு 2,400, நால்வருக்கு 3,000. கூட்டமாகப் படிக்கும்போது தலைக்குச் செலவு குறைகிறது, ஆசிரியருக்கும் மொத்தம் கூடுகிறது. மொத்தம் மூவாயிரம் என்பதில் எல்லோருக்கும் சம்மதம்.

நாட்கணக்கில் பிரித்தால் மூன்று பேருக்கு இருபது இருபது, தங்கை பேரனுக்குப் பத்து, மொத்தம் எழுபது. முழு நாள் வந்தவர்களுக்கு 850, அவனுக்கு 450 என்று சில்லறையைச் சரிசெய்து எழுதினேன். எழுதிய பிறகுதான் உறைத்தது. எம்.எஸ்சி. பெண்ணுக்குக் கல்லூரியில் வேலை இருந்த நான்கு மாலையில் வகுப்பை நடத்தியது தையல்கார அம்மாவின் மகள். என் தங்கை பேரன் தவறவிட்ட பத்து நாள் பாடத்தை, சாயந்திரம் வகுப்பு முடிந்து அவனோடு உட்கார்ந்து திருப்பிச் சொல்லிக்கொடுத்ததும் அவள். நான் என் கண்ணால் பார்த்தது. என் கணக்குப்படி, சொல்லிக்கொடுத்தவள் 850 கொடுக்கிறாள், கேட்டுக்கொண்டவன் 450 கொடுக்கிறான்!

தாளைக் கிழித்துவிட்டேன். அவளுக்குப் பங்கு கிடையாது. பேரனுக்கு இருபது நாள் பாடமும் கிடைத்துவிட்டது, ஆகவே முழுப் பங்கு. மூவருக்கும் தலைக்கு ஆயிரம். தங்கை ஃபோனில், "பாதி நாள் போனவனுக்கு முழுசாக் குடுக்கணுமாக்கா? நல்லா இருக்கே உன் நியாயம்!" என்று கோபித்துக்கொண்டாள். விளக்கினேன். கொடுத்துவிட்டாள், முணுமுணுத்துக்கொண்டே. (படிப்பாய் என்று தெரியும்டி, தெரிந்தேதான் எழுதுகிறேன்.)

தையல்கார அம்மா ஒத்துக்கொள்ளவில்லை. "நாங்க மட்டும் சும்மாவா டீச்சர்?" என்று, எம்.எஸ்சி. பெண்ணுக்கு அளவு வாங்கி இரண்டு ஜாக்கெட் தைத்துக் கொடுத்தார். அரிசியும் பயறும் கொண்டுபோன காலம் எங்கேயும் போய்விடவில்லை.

அந்தச் சின்னப் பெண்ணுக்குத் தனியாக ஏதாவது தர வேண்டும் என்றேன். "சின்னப் பிள்ளைக்குக் காசு குடுத்துப் பழக்காதீங்க" என்று இரட்டையரின் அம்மா தடுத்தார். அவர் சொல்வதிலும் விஷயம் இருக்கலாம். காசு கொடுக்கவில்லை. பதிலாக, சனி, ஞாயிறு காலையில் ஒன்றரை மணி நேரம் அவளுக்கு மட்டும் என் வீட்டில் பாடம். அவளுக்குப் பயம் ஆங்கில இலக்கணத்தில். எனக்கும் அது கொஞ்சம் மறந்துதான் போயிருக்கிறது. முதல் நாள் இரவு உட்கார்ந்து படித்துவிட்டு நடத்துகிறேன்.

ஒன்றாம் வகுப்புக்கு அ, ஆ சொல்லிக்கொடுத்த என் பழைய மாணவியே, உன் பெயரை இங்கே எழுதவில்லை. உன்னிடம் எழுத்துப் படித்தவர்கள் சிலர் இந்தப் பதிவைப் படிப்பார்கள், அவர்களுக்கு உன்னைத் தெரியும். உன் அம்மா இருக்கிறாரா? எண்ணை எனக்குத் தனிச்செய்தியில் அனுப்பு. அவர் கேட்ட கேள்விக்கு நான் இன்னும் பதில் சொல்லவில்லை.