கேட்கத் தெரிந்த பங்குத்தந்தை



எம்மாவுக்குச் செல்லும் வழியில், மனம் உடைந்த இரண்டு சீடரோடு உயிர்த்த ஆண்டவர் நடந்தார். வந்ததும் அவர் போதிக்கத் தொடங்கவில்லை. எதைப் பற்றிப் பேசிக்கொண்டு போகிறீர்கள் என்று கேட்டார். அவர்கள் தங்கள் ஏமாற்றத்தையெல்லாம் கொட்டி முடிக்கும்வரை கூடவே நடந்தார். அதன் பிறகுதான் மறைநூலை விளக்கினார் (காண்க லூக் 24). முதலில் செவி, பிறகு சொல். ஆன்ம வழிகாட்டுதலுக்கு விவிலியம் தரும் இலக்கணம் இதுதான். ஒரே சிற்றூரில் 41 ஆண்டுகள் இருந்து இதை வாழ்ந்து காட்டியவர் புனித ஜான் மரிய வியான்னி. அவருடைய வரலாற்றை இன்று சற்று நின்று பார்ப்போம்.

அவர் 1786-ஆம் ஆண்டு மே 8-ஆம் நாள், பிரான்சின் லியோன் நகருக்கு அருகிலுள்ள டார்டில்லி என்ற ஊரில், ஒரு விவசாயக் குடும்பத்தில் பிறந்தார். அவருக்கு மூன்று வயதானபோது பிரெஞ்சுப் புரட்சி வெடித்தது. அரசு கேட்ட உறுதிமொழியை ஏற்க மறுத்த அருள்பணியாளர்கள் மறைந்து வாழ்ந்தார்கள். வீடுகளில் இரகசியமாகத் திருப்பலி நிறைவேற்றினார்கள். 1799-இல் வியான்னி புதுநன்மை வாங்கியதும் அப்படி ஒரு வீட்டில்தான். உள்ளே நடப்பது வெளியே தெரியாமலிருக்க, சன்னல்களுக்கு முன்னால் வைக்கோல் வண்டிகளை நிறுத்தியிருந்தார்களாம்.

பள்ளிப் படிப்பு அவருக்குச் சரியாகக் கிடைக்கவில்லை. ஏறக்குறைய 20 வயதில், எக்குல்லி பங்குத்தந்தை பல்லே அவர்களிடம் இலத்தீன் படிக்கத் தொடங்கினார். படிப்பு ஏறவில்லை. நடுவில் நெப்போலியனின் படைக்கு ஆள் எடுத்தார்கள். படையிலிருந்து பிரிந்துபோய், பொது மன்னிப்பு வரும்வரை ஒரு மலைக் கிராமத்தில் ஒளிந்திருந்தார். பிறகு லியோன் குருமடத்தில் சேர்ந்தார். இலத்தீனில் நடந்த பாடம் புரியாமல் அங்கிருந்து திருப்பி அனுப்பப்பட்டார். தந்தை பல்லே மட்டும் கைவிடவில்லை. அவருக்காக மேலிடத்தில் திரும்பத் திரும்பப் பரிந்து பேசினார். 1815-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 13-ஆம் நாள், கிரனோபிள் நகரில், 29 வயதில் வியான்னி குருவானார்.

இதில் நாம் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. குருப்பட்டம் கொடுத்தார்களே தவிர, பாவசங்கீர்த்தனம் கேட்க உடனே அனுமதி கொடுக்கவில்லை. மற்றவர்களுடைய ஆன்மாக்களை வழிநடத்த இவருக்கு அறிவு போதாது என்று தயங்கினார்கள். சில மாதங்கள் கழித்தே அனுமதி வந்தது. அப்போது இவரிடம் முதன்முதலாகப் பாவசங்கீர்த்தனம் செய்ய முழந்தாளிட்டவர், இவரைப் படிக்க வைத்த தந்தை பல்லே!

1818-இல் ஆர்ஸ் என்னும் சிற்றூருக்கு அனுப்பப்பட்டார். அங்கே இருந்தவர்கள் ஏறக்குறைய 230 பேர். பனிமூட்டத்தில் வழி தெரியாமல், ஆடு மேய்த்துக்கொண்டிருந்த அந்துவான் என்ற சிறுவனிடம் வழி கேட்டுத்தான் ஊருக்குள் நுழைந்தார். வழிகாட்டியாகப் போனவருக்கே வழிகாட்ட ஒருவர் தேவைப்பட்டார்.

தொடக்கத்தில் அவர் மிகவும் கண்டிப்பானவர். மதுக்கடை, நடனம், ஞாயிறு வேலை ஆகியவற்றுக்கு எதிராக மறையுரையில் முழங்கினார். பாவசங்கீர்த்தனத் தொட்டியிலும் கடுமை காட்டினார். பழக்கத்தை விட்டுவிட்டு வாருங்கள், பிறகு மன்னிப்புத் தருகிறேன் என்று பலரைக் காத்திருக்க வைத்தார். அன்றைய பிரான்சில் பல குருக்கள் அப்படித்தான் பயிற்றுவிக்கப்பட்டிருந்தார்கள். ஆனால் ஆண்டுகள் போகப் போக அவர் மாறினார். புனித அல்போன்ஸ் லிகோரியின் இரக்கம் நிறைந்த ஒழுக்கநெறிப் போதனை அதற்கு உதவியது. அதைவிட, நாள்தோறும் அந்த இருக்கையில் அமர்ந்து மனிதரின் கண்ணீரைக் கேட்டது அவரை மாற்றியிருக்க வேண்டும். வருந்தி வருவோருக்குச் சிறிய தவமுயற்சியே கொடுத்தார். மீதியை அவர்களுக்காகத் தாமே செய்தார்.

மக்கள் தேடி வந்தார்கள். 1855 வாக்கில் ஆண்டுக்கு 20,000 பேர் வந்ததாகக் கணக்கு. கோடைக்காலத்தில் ஒரு நாளில் 16 மணி நேரம்வரை அவர் அந்த இருக்கையிலேயே இருந்தார். தம் முறை வருவதற்குப் பலர் பல நாள் காத்திருந்தார்கள். அதனால் லியோன் இரயில் நிலையத்தில் ஆர்ஸ் பயணிகளுக்கென்று எட்டு நாள் செல்லும் பயணச்சீட்டு கொடுத்தார்கள்.

அவர் நீண்ட அறிவுரை சொன்னவரல்ல. ஒரு பெண்ணின் கணவர் பாலத்திலிருந்து ஆற்றில் குதித்து உயிரை மாய்த்துக்கொண்டார். அவருடைய ஆன்மா அழிந்துபோனது என்ற துயரத்தோடு அந்தப் பெண் ஆர்ஸ் வந்தார். பாலத்துக்கும் தண்ணீருக்கும் இடையே மனம் வருந்த அவருக்கு நேரம் இருந்தது என்று வியான்னி ஆறுதல் சொன்னதாக அவரது வரலாற்றை எழுதியோர் குறிப்பிடுகிறார்கள். தம் உயிரை மாய்த்துக்கொண்டோரின் மீட்பைக் குறித்து நாம் நம்பிக்கை இழக்கக் கூடாது என்று, 1992-இல் வெளிவந்த கத்தோலிக்கத் திருஅவையின் மறைக்கல்வி ஏடும் (எண் 2283) கூறுகிறது.

இத்தனை பேருக்கு ஆறுதல் சொன்னவருக்குச் சொந்த மனதில் அமைதி இருந்ததா? இல்லை. தாம் பங்குத்தந்தையாக இருக்கத் தகுதியற்றவர் என்ற எண்ணம் அவரை வாட்டியது. இவருக்குப் படிப்பு போதாது என்று அக்கம்பக்கத்துக் குருக்கள் ஆயருக்கு எழுதிய மனு ஒருமுறை அவர் கைக்கே வந்தது. அதில் தாமும் கையெழுத்திட்டு அனுப்பினார். தனிமையில் செபித்துத் தம் பாவங்களுக்காக அழ வேண்டும் என்று, ஆர்சைவிட்டு ஓடிப்போகவும் பலமுறை முயன்றார். 1853-இல் ஓர் இரவில் கடைசியாகப் புறப்பட்டபோது, கோவில் மணியை அடித்து ஊரே கூடி மறித்தது. அவர் திரும்பி நடந்தார். வீட்டுக்குப் போகவில்லை. காத்திருந்தவர்களுக்காக நேரே பாவசங்கீர்த்தனத் தொட்டிக்குப் போனார். 1859 ஆகஸ்ட் 4-இல் இறக்கும்வரை அங்கேதான் இருந்தார். 1925-இல் திருத்தந்தை பதினோராம் பயஸ் அவரைப் புனிதராக அறிவித்தார்.

அன்புக்குரியவர்களே, காயப்படாதவர்தான் ஆறுதல் சொல்ல முடியும் என்று நாம் நினைக்கிறோம். ஆர்சின் பங்குத்தந்தை அப்படி இருக்கவில்லை. ஒதுக்கப்பட்டவர், தோற்றவர், தம்மையே நம்பாதவர். ஆனால் எதிரில் இருப்பவர் பேசி முடிக்கும்வரை எழுந்து போகாதவர். நம் வீட்டிலும் யாரோ ஒருவர் பேச வேண்டியதைப் பேசாமல் இருக்கலாம். நாம் பல நாளாகத் தள்ளிப்போட்டு வரும் பாவசங்கீர்த்தனமும் இருக்கலாம். இந்த வாரம் இவ்விரண்டில் ஒன்றுக்காவது நேரம் ஒதுக்குவோம். எம்மாவு வழியில் உடன் நடந்த ஆண்டவர், நம் அருள்பணியாளர்களுக்கும் நமக்கும் கேட்கும் செவியைத் தந்தருள்வாராக. ஆமென்.